உயிரோடிருப்பவனுக்கு ஒரு வெள்ளைத் துண்டு

தாராவி,
பம்பாய்-17.
4-12-1966

மதிப்பும் மரியாதையும் மிகுந்த மைத்துனர் அய்யாத்துரை அவர்கள் சமுகத்துக்கு, தங்கசாமி கைகூப்பி எழுதிக்கொண்டது. இங்கு நானும் உங்கள் தங்கை ஆறுமுகத்தாயும் சௌக்கியம். 'நானும்' என்ற சொல்லுக்குக் கீழே இரண்டு கோடு போட்டிருக்கிறேன், கவனிக்கவும். அங்கு தாங்களும் மீனாட்சியம்மாள் அக்காவும் கல்யாணப் பெண் கனகவள்ளியும் ஒரு குறையும் இல்லாமல் இருக்கச் செந்தூர் முருகன் பார்த்துக்கொள்வான்.

தங்கள் கார்டு நேற்றுக் கிடைத்தது. 'கோடி விழுந்த வீட்டுக்குப் பெண்ணை அனுப்ப மனசு ஒப்பவில்லை, தை மாதக் கல்யாணத்தை ஒரு வருஷம் தள்ளிவைப்போம்' என்று எழுதியிருக்கிறீர்கள். மச்சான், விழுந்தது பிணத்துக்குப் போடுகிற கோடி இல்லை. அது என்ன, எப்படி விழுந்தது என்று ஒன்று விடாமல் எழுதுகிறேன். படித்துவிட்டு முடிவு பண்ணுங்கள். என் மகன் நம்பிராஜன் வேலை பார்க்கிற பூட்டான் தேசத்தில் மலையைக் குடைந்து ரோடு போடுகிறார்கள். பனி கொட்டுகிற மாதத்தில்தான் வேலையை நிறுத்தி ஆளை ஊருக்கு விடுவார்கள். இந்தத் தையை விட்டால் அடுத்த தைதான். அவன் எழுதுகிற ஒவ்வொரு கடிதத்திலும் 'மாமா வீட்டிலிருந்து கடிதாசி வந்ததா' என்று கேட்பான். உங்களைத்தான் விசாரிக்கிறான் என்று நானும் இரண்டு வருஷமாக நினைத்துக்கொண்டிருந்தேன். உங்கள் தங்கை சிரித்த பிறகுதான் யாரை விசாரிக்கிறான் என்று எனக்கு விளங்கியது. ஆகவே இந்தக் கல்யாணம் நின்றால் வருத்தப்படப் போவது நீங்களும் நானும் மட்டும் இல்லை.

போன மாதம் நம்பிராஜன் ஒரு கடிதம் போட்டான். அவன் இருக்கிற பகுதியில் பூட்டான் சர்க்கார் தரப்பில் ஒரு பெரிய அதிகாரி, சேவாங் என்று பெயர், ரோடு ரோலருக்குச் சாமான் வாங்க பம்பாய் வருகிறார், நான்கு நாள் நம் வீட்டில்தான் தங்குவார், லீவுக் காகிதம் அவர் மேஜை வழியாகத்தான் போக வேண்டும், ஆகையால் அவர் மனம் கோணாமல் நடந்துகொள்ளுங்கள் என்று எழுதியிருந்தான். கூடவே அவர்கள் ஊர்ப் பழக்கங்களை ஒரு தாளில் எழுதி அனுப்பியிருந்தான். பையன் பம்பாயில் படித்தவன் அல்லவா, அவன் தமிழ் உங்களுக்குத் தெரியும். கால்வாசி தமிழ், மீதி இந்தி. நானும் ஆறுமுகத்தாயும் ஒரு ராத்திரி முழுக்க அந்தத் தாளை வைத்துக்கொண்டு முழித்ததில் விளங்கியது ஒரே ஒரு விஷயம்தான். அந்த ஊரில் எதைக் கொடுத்தாலும் உடனே வாங்க மாட்டார்கள், வாயைக் கையால் மூடிக்கொண்டு வேண்டாம் வேண்டாம் என்பார்கள், அதுதான் மரியாதை, மூன்று தரம் வற்புறுத்திய பிறகு வாங்கிக்கொள்வார்கள். 'இது நம்ம ஊரு சம்பந்திக்காரவுக பண்ணுததுதான, இதுக்கு ஒரு தாளா' என்று உங்கள் தங்கை சொல்லிவிட்டாள். அவள் உங்களைச் சொல்லவில்லை.

வந்தவர் நல்ல ஆகிருதியான மனிதர். முழங்கால் வரைக்கும் ஒரு கனத்த அங்கி, அதை இடுப்பில் இறுக்கிக் கட்டி, வயிற்றுக்கு மேலே பை மாதிரி தொங்கவிட்டிருந்தார். அந்தப் பைக்குள்ளேதான் அவருடைய குடித்தனமே இருக்கிறது. முதல் நாள் காலையில் ஆறுமுகத்தாய் டம்ளரில் காப்பியை நீட்டினாள். அவர் மூன்று தரம் வேண்டாம் என்றார். நாங்களும் தாளில் கண்டபடி மூன்று தரம் வற்புறுத்தினோம். அதன் பிறகு மனுஷன் டம்ளரை வாங்காமல், வயிற்றுக்குள் கையை விட்டு ஒரு மரக் கிண்ணத்தை எடுத்து நீட்டினார். உங்கள் தங்கைக்கு முகம் செத்துப்போயிற்று. சமையல் மூலைக்கு வந்து, 'நம்ம வீட்டு டம்ளர்ல குடிச்சா அவருக்கு ஆகாதோ, இதுக்கா ஊரைவிட்டு இம்புட்டுத் தூரம் வந்தோம்' என்று கேட்டாள். எனக்கும் அது சுருக்கென்றுதான் இருந்தது. நம் அப்பாமார்களுக்குக் கொட்டாங்கச்சியில் ஊற்றியவர்களை நாம் மறந்துவிட்டோமா என்ன. மெதுவாக இந்தியில் கேட்டுப் பார்த்தேன். அவர்கள் ஊரில் ராஜாவானாலும் மாடு மேய்க்கிறவனானாலும் அவனவன் கிண்ணத்தை அவனவன் மடியில் வைத்துக்கொள்வானாம், யார் வீட்டுக்குப் போனாலும் அதில்தான் குடிப்பானாம், அது அவருடைய தாத்தா கிண்ணமாம். ஆறுமுகத்தாயிடம் சொன்னேன். மறுநாளிலிருந்து அந்தக் கிண்ணத்தை அவளே வாங்கிக் கழுவி வைத்தாள்.

இரண்டாம் நாள் விடியற்காலையில் எழுந்து நம் வீட்டு டம்ளர் ஏழு வாங்கி, சாமி பட மாடத்தில் வரிசையாக வைத்து, விளிம்பு வரைக்கும் தண்ணீர் ஊற்றினார். புத்தருக்குப் படைக்கிற தண்ணீராம். சாயந்தரம் வரை யாரும் தொடக் கூடாதாம். தாராவியில் குழாயில் தண்ணீர் வருவதே முக்கால் மணி நேரம், அதற்கும் நாலு மணிக்கே குடத்தை வரிசையில் வைக்க வேண்டும். ஏழு டம்ளர் தண்ணீர் சும்மா நிற்பதைப் பார்த்துப் பார்த்து உங்கள் தங்கைக்கு நெஞ்சு அடைத்துக்கொண்டது. அவர் வெளியே போன சமயம் பார்த்து அதைக் குடத்திலேயே ஊற்றிவிட்டு, அவர் வருகிற நேரத்துக்குத் திரும்ப நிரப்பி வைத்தாள். கடவுளும் கோபித்துக்கொள்ளவில்லை. பின்பு ஐந்து வர்ணத்தில் எழுத்து அச்சடித்த துணிக்கொடிகளை நம் துணி காயப்போடுகிற கயிற்றில் கட்டினார். காற்று அடிக்க அடிக்க அதிலுள்ள மந்திரம் நாலு பக்கமும் போய் எல்லோருக்கும் நல்லது செய்யுமாம். தேர்தல் வருகிறதல்லவா, பீட் கான்ஸ்டபிள் வந்து இது எந்தக் கட்சி என்று கேட்டான். எந்தக் கட்சியும் இல்லை, எல்லோரும் நன்றாக இருக்க வேண்டும் என்று எழுதியிருக்கிறது என்றேன். அப்படி ஒரு கட்சி தன் லிஸ்டில் இல்லையே என்று சந்தேகத்தோடு போனான்.

சாப்பாட்டு விஷயத்திலும் ஒன்று சொல்ல வேண்டும். வடக்கத்தியான் காரம் தாங்க மாட்டான் என்று முதல் நாள் மிளகாயே இல்லாமல் சமைத்துவிட்டாள். அவர் வாடிப்போய்ச் சாப்பிட்டார். பிறகுதான் தெரிந்தது, அந்த ஊரில் மிளகாய் என்பது மசாலா இல்லை, காய்கறி. நாம் கத்திரிக்காய் வைப்பதுபோல அவர்கள் மிளகாயை வைத்துக் குழம்பு பண்ணுகிறார்கள். நம் காய்கறிக் கடையிலிருந்து ஒரு கூடை பச்சை மிளகாயை அள்ளி வந்து வதக்கிப் போட்ட பிறகுதான் மனுஷன் முகத்தில் வெளிச்சம் வந்தது. நாலாம் நாள், அதாவது புறப்படுகிற அன்று, வழியில் சாப்பிட இரண்டு சேர் மிளகாய் வறுத்துக் கொடுக்கும்படி கேட்டுக்கொண்டார். அங்கேதான் வினை ஆரம்பித்தது.

ஆறுமுகத்தாய் அடுப்பில் மிளகாயைப் போட்டு வறுக்கிறாள். வீடு முழுக்கக் கமறல். அவள் கண்ணிலிருந்து தண்ணீர் தாரை தாரையாக ஊற்றுகிறது. இங்கே சேவாங் எனக்கு வெற்றிலை மடித்துக் கொடுத்தார். நம்மைப் போலவே வெற்றிலை, பாக்கு, சுண்ணாம்புதான். ஆனால் பாக்கைப் பல மாதம் ஊறப்போட்டு அழுகவைத்து எடுக்கிறார்கள் போலிருக்கிறது. வாடை ஒரு தினுசு. மரியாதைக்கு வாயில் போட்டேன். இரண்டு மெல்லுக்கு மேல் போகவில்லை, பாக்கு சொருகிக்கொண்டது. காது அடைத்து, உடம்பெல்லாம் வேர்த்து, அப்படியே கட்டிலில் சாய்ந்துவிட்டேன். நம் வீட்டில் கட்டில் தெற்கு வடக்காகத்தான் போட முடியும், இடம் அவ்வளவுதான். என் தலை தெற்கே இருந்ததற்கு நான் பொறுப்பில்லை.

சேவாங் பயந்துபோனார். நான் குணமாக வேண்டும் என்று நெய் கேட்டு வாங்கி ஒரு விளக்கை ஏற்றி என் தலைமாட்டில் வைத்தார். ஏதோ வாசனைத் தழையைக் கொளுத்திப் புகை போட்டார். பிறகு மடியிலிருந்து புத்தம் புதிய வெள்ளைப் பட்டுத் துண்டு ஒன்றை எடுத்தார். வந்த வீட்டில் பெரியவர்களுக்கு அதைப் போட்டு வணங்கிவிட்டுத்தான் விடைபெற வேண்டுமாம், அது அவர்கள் ஊரில் பெரிய மரியாதையாம். நான் எழுந்து கழுத்தை நீட்ட முடியாததால் நெஞ்சின்மேல் நீளவாக்கில் விரித்தார். விரித்துவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்து ஜபமாலையை உருட்டி மந்திரம் சொன்னார். ஓம் என்று ஆரம்பித்ததால் எனக்குக் கொஞ்சம் தைரியமாக இருந்தது, கண்ணை மூடிக்கொண்டேன்.

இந்தச் சமயத்தில்தான் திலக் நகரிலிருந்து உங்கள் சித்தி மகள் கோமதியம்மாளும் அவள் வீட்டுக்காரர் பெரியநாயகமும் கல்யாணத் துணி எடுப்பது பற்றிப் பேச வந்தார்கள். வாசலில் நின்று பார்த்தால் என்ன தெரியும், நீங்களே சொல்லுங்கள். தெற்கே தலை, தலைமாட்டில் விளக்கு, மேலே கோடித் துணி, புகை, மந்திரம் ஓதுகிற ஒரு மனிதர், உள்ளே கண்ணீரும் கம்பலையுமாக உங்கள் தங்கை. கோமதியம்மாள் செருப்பைக்கூடக் கழற்றாமல் ஓடி வந்து மார்பில் அடித்துக்கொண்டு, 'அத்தான், தாலி கெட்டுத நேரத்துல தலைய சாய்ச்சிட்டியளே' என்று ஒப்பாரியை எடுத்துவிட்டாள். சேவாங் அதை நம் ஊர் வழியனுப்பு மரியாதை என்று நினைத்து எழுந்து நின்று கைகூப்பினார். சத்தத்தில் எனக்கு மயக்கம் தெளிந்தது. யார் வீட்டில் இழவு என்று பயந்து எழுந்து உட்கார்ந்து, 'கோமதி, போனது யாரு' என்று கேட்டேன். அவள் கீழே விழுந்தாள். அவளுக்கு மூன்று செம்பு தண்ணீர் செலவாயிற்று.

பெரியநாயகம் மட்டும் உள்ளேயே வரவில்லை. அவருக்கு எதிலும் வேகம் அதிகம். வாசலிலிருந்து பார்த்துவிட்டு நேரே தபாலாபீசுக்கு ஓடி, தங்கசாமி காலமானார், உடனே புறப்படவும் என்று உங்களுக்குத் தந்தி அடித்துவிட்டார். அடித்துவிட்டு வந்து பார்த்தால் காலமானவன் கட்டிலில் உட்கார்ந்து மோர் குடிக்கிறான். மனுஷன் சந்தோஷப்படுவார் என்று பார்த்தேன். தந்தியை வாபஸ் வாங்க முடியாதே என்றுதான் சொன்னார். மறுதந்தி மறுநாள்தான் போயிற்று. கோடி விழுந்தது என்று உங்களுக்குக் கடிதம் எழுதியவரும் அவராகத்தான் இருக்கும்.

மச்சான், அந்தத் தந்தியைக் கண்டு நீங்கள் தங்கைக்குப் பிறந்த வீட்டுக் கோடிச் சேலை எடுத்துக்கொண்டு திருநெல்வேலி ஜங்ஷனுக்கு வந்து, பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்காமல் ரயிலுக்குக் காத்திருந்தீர்கள் என்றும், துண்டை வாயில் வைத்துக்கொண்டு அழுதீர்கள் என்றும் கேள்விப்பட்டேன். முப்பது வருஷமாக நீங்கள் என்னோடு நாலு வார்த்தை சிரித்துப் பேசியதில்லை. நிஜமாகவே போயிருந்தால் இது தெரியாமலே போயிருக்கும். அந்த மனசை நம்பித்தான் இப்போது கேட்கிறேன்.

எனக்கு விழுந்தது மரியாதைத் துண்டு. அதில் தோஷம் ஒன்றும் இல்லை. எனக்கு அதில் துளிப் பயமும் கிடையாது. பெட்டியில் மடித்து வைத்திருக்கிறேன். இருந்தாலும் உங்கள் மனசமாதானத்துக்காக ஒன்று உறுதியாகச் சொல்கிறேன். இனி வெள்ளைத் துண்டு என்ற பேச்சே நம் குடும்பத்தில் வராது. சேவாங் புறப்படும்போது வாய்ப் பேச்சுக்கு, தை மாதம் திருநெல்வேலிப் பக்கம் கல்யாணம், நீங்களும் வர வேண்டும் என்றேன். அவர் வாயைக் கையால் மூடிக்கொண்டு வேண்டாம் என்றார். நான் மரியாதைக்கு இன்னும் இரண்டு தரம் கூப்பிட்டேன். மூன்று தரமும் வேண்டாம் என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். ஆகவே அந்தக் கவலையை அடியோடு விட்டுவிடுங்கள். குறித்த முகூர்த்தத்தை மாற்ற வேண்டாம். சரி என்று ஒரு வரி எழுதினால் போதும், உங்கள் தங்கை நேற்றிலிருந்து சாப்பிடாத சாப்பாட்டைச் சாப்பிடுவாள்.

கனகவள்ளிக்கு எங்கள் ஆசீர்வாதம், அவள் மஞ்சளும் குங்குமமுமாக நூறு வயசு இருக்க வேண்டும். அக்காவுக்கு என் கும்பிடு. பெரியவர்கள் எல்லோரையும் கேட்டதாகச் சொல்லவும்.

இப்படிக்கு,
தங்கள் தங்கையின் தாலிக்குப் பங்கமில்லாமல் இருந்து வருகிற,
தங்கசாமி

பின்குறிப்பு: உறையை ஒட்டப் போகும்போது நம்பிராஜனிடமிருந்து கடிதம் வந்தது. லீவு கிடைத்துவிட்டது. நான் மூன்று தரம் கூப்பிட்ட மரியாதையைச் சேவாங் ஊரெல்லாம் சொல்லிச் சொல்லி மகிழ்ந்து, கல்யாணத்துக்கு அவனோடு தாமும் வருகிறாராம். அவர்கள் வழக்கப்படி பெண், மாப்பிள்ளை, இரண்டு பக்கத்துச் சொந்தம் எல்லோர் கழுத்திலும் போடுவதற்கு நூற்றிருபது வெள்ளைத் துண்டு மூட்டை கட்டியாயிற்றாம். பெண்ணைப் பெற்றவர் என்பதால் முதல் துண்டு உங்களுக்கு. வேண்டாம் என்று சொல்லிப் பார்க்காதீர்கள், அவர் அதை மரியாதை என்று எடுத்துக்கொள்வார். ஆறுமுகத்தாய் ஒரு யோசனை சொல்கிறாள். ஜங்ஷனில் அவர் இறங்கியதும் மூட்டையை வாங்கி, இது எங்கள் ஊர் மரியாதை என்று சொல்லி, நூற்றிருபதையும் மஞ்சள் தண்ணீரில் முக்கி எடுத்துவிடலாம். பெரிய அண்டாவாகப் பார்த்து வைக்கவும். பெட்டியில் இருக்கிற என் துண்டையும் கொண்டு வருகிறேன், முதலில் அதை முக்குங்கள்.