மாவுக்கட்டில் ஒரு தன்னுருவம்

கழுத்தடியிலிருந்து இடுப்புவரை உடம்பின் முன்பக்கம் அப்பிய மாவுக்கட்டு நன்றாகக் காய்ந்துவிட்டது. ஆனால் கழன்று வர மறுத்தது. இழுத்தால் தோலும் கூடவே வந்தது.

ஓவியக்காரி கண்ணாடிமுன் நின்று பல்லைக் கடித்தாள். நாளைக் காலை கண்காட்சி. பிரசவத் தழும்பும் மடிப்புமாகத் தன் நாற்பத்திரண்டு வயது உடம்பை அச்செடுத்து, அதன் பக்கத்திலேயே நாள் முழுக்க அசையாமல் நிற்கப் போகிறாள். "இத்தனை காலம் ஆம்பளைங்க பார்த்து வடிச்சாங்க. இனி என் உடம்பை நானே வடிப்பேன்" என்று மேடையில் முழங்கியவள். உதவ வந்த சிற்பி நண்பனைக்கூட வாசலோடு அனுப்பிவிட்டாள்.

வெந்நீர் ஊற்றிப் பார்த்தாள். கட்டு ஊறி இன்னும் கனத்தது. வேறு வழியில்லாமல் கணவனுக்குப் போன் செய்தாள்.

"என்னங்க, உடம்பெல்லாம் மாவுக்கட்டு. உடனே வாங்க."

"ஐயோ! எங்க விழுந்த?"

"விழலைங்க, நானே..."

"பேசாத, அசையாத! ஆம்புலன்ஸோட வரேன்!"

வைத்துவிட்டான். கால்மணி கழித்து மறுபடி போன் அடித்தது. மாமியார்.

"கீழ வந்துட்டேம்மா. படி ஏறிட்டிருக்கேன்."

மாமியாரைப் பொறுத்தவரை பத்து வருடமாக ஓவியக்காரி பூச்செடி வரைகிறவள். கணவனின் மழைக்கோட்டை மாட்டினாள், பொத்தான் எட்டவில்லை. மேலே போர்வையைச் சுற்றிக்கொண்டு, படியிலேயே மாமியாரை மடக்கிக் கடைக்கு அனுப்பிவிடலாம் என்று கதவைத் திறந்தாள்.

எதிர்வீட்டு டீச்சர் நின்றிருந்தாள். போர்வைக்குள் புடைத்திருந்த வயிற்றைப் பார்த்ததும் முகம் மலர்ந்தது.

"சொல்லவே இல்லையே! எத்தனை மாசம்?"

"மூணு மாசமா யோசிச்சு..." என்று உளறினாள்.

"மூணுக்கே இவ்வளவா? அப்ப ரெட்டைதான்!" டீச்சர் படிப்பக்கம் திரும்பிக் கூவினாள். "அம்மா, வாழ்த்துகள்! ரெட்டைப் பேரப்பிள்ளைங்க!"

மாமியார் திகைத்து மேலே வர, பின்னாலேயே கணவனும் ஸ்ட்ரெச்சரோடு ஆம்புலன்ஸ்காரரும் மூச்சிரைக்க வந்தார்கள். ஆம்புலன்ஸ்காரர் கட்டைத் தட்டிப் பார்த்தார்.

"ஆஸ்பத்திரில ரம்பம் வச்சு நடுவுல ஒரே வெட்டு. அஞ்சு நிமிஷம்."

"வெட்டாதீங்க! அது நான்!" ஓவியக்காரிக்கு அழுகையே வந்துவிட்டது. "அத்தை, நான் பூச்செடி வரையறதில்ல. என்னைத்தான் வரையறேன். துணியில்லாம. இதுவும் நான்தான். திட்டணும்னா திட்டிடுங்க."

மாமியார் அவளை மேலும் கீழும் பார்த்தாள்.

"எல்லாரும் வெளிய போங்க. டேய், நீயுந்தான்."

கதவைச் சாத்திவிட்டு, சமையலறையிலிருந்து எண்ணெய்ப் புட்டியை எடுத்து வந்தாள். ஓரத்தில் விரலை நுழைத்துச் சொட்டுச் சொட்டாக இறக்கினாள்.

"மூச்சை முழுசா விடு. வயித்தை எக்கு. தோளை முன்னால கொண்டா. அவசரப்படாத கண்ணு."

அரைமணி நேரத்தில், ஒரு மடிப்புக்கூடச் சிதையாமல் கட்டு முழுசாக மாமியார் கைக்கு வந்தது. அதைக் குழந்தையைப்போலக் கட்டிலில் கிடத்திவிட்டு, மருமகளைப் போர்வையால் மூடினாள்.

"அத்தை, இதெல்லாம் உங்களுக்கு எப்படி..."

மாமியார் கதவை ஒரு பார்வை பார்த்துக் குரலைத் தாழ்த்தினாள்.

"நீ படிச்ச ஓவியக் கல்லூரி வாசல்ல கையில புறாவோட வெத்துடம்பா, இதே மாதிரி அச்செடுத்த சிலையா ஒருத்தி நிக்கிறாளே, அது நான்தான், உன் புருஷன்கிட்ட சொல்லிடாத, நான் அங்க கிளார்க்கா இருந்தேன்னு நினைச்சிட்டிருக்கான்."