முந்நூறாவது படி

மனித குலத்தின் மாபெரும் கண்டுபிடிப்புகள் மூன்று. நெருப்பு, சக்கரம், 'புதிய ஆட்டம்' பொத்தான். முதல் இரண்டையும் யார் கண்டுபிடித்தார்கள் என்று தெரியவில்லை. மூன்றாவதைத் தொழிலாளர் நலனுக்குத் திருப்பிவிட்ட பெருமை ஒரு சிமென்ட் கிடங்கையே சேரும்.

அந்தக் கிடங்கில் முப்பத்திரண்டு சுமையாட்கள். இந்தச் சொல்லை எழுதியதற்கு மன்னிக்க வேண்டும். நான்கு வருடங்களுக்கு முன்பே நிர்வாகம் அதை ஒழித்துவிட்டது. இப்போது அவர்கள் 'ஆட்டக்காரர்கள்'. ஐம்பது கிலோ மூட்டையை லாரியிலிருந்து இறக்கி, முதுகில் ஏற்றி, கிடங்குக்குள் அடுக்குவது வேலை அல்ல, ஆட்டம். வாசலில் ஒரு பெரிய திரை. அதில் முப்பத்திரண்டு பொம்மைகள், முதுகில் மூட்டையுடன், படியேறிக்கொண்டிருக்கும். ஒரு நாள் வேலைக்கு ஒரு படி. வேகமாக இறக்கினால் பொம்மை குதிக்கும். தண்ணீர் குடிக்க உட்கார்ந்தால் பொம்மை அழும்.

முந்நூறாவது படியில் ஒரு கோட்டை. அதன் நெற்றியில் 'நிரந்தரம்' என்று எழுதியிருக்கும். தொடர்ந்து முந்நூறு நாள் வேலை செய்தவன் நிரந்தரப் பணியாளன் என்று சட்டத்தில் எங்கேயோ ஒரு வரி இருந்தது. நிர்வாகம் சட்டத்தை மதிக்கும். அதனால்தான் முந்நூறாவது நாள் சங்கு ஊதுவதற்குள் ஒவ்வோர் ஆட்டக்காரரும் தாமாக முன்வந்து, "இதுவரை ஆடிய ஆட்டத்தை என் சொந்த விருப்பத்தின் பேரில் அழித்துவிட்டு, புதிய ஆளாகச் சேர விரும்புகிறேன்" என்ற வாசகத்தின் கீழ் கட்டைவிரலை வைப்பார். பொம்மை சந்தோஷமாக உருண்டு முதல் படிக்கு வந்துவிடும். ஒரு சின்ன இசையும் உண்டு.

முன்பெல்லாம் இதற்குக் காகிதத்தில் ராஜினாமாக் கடிதம் வாங்கினார்கள். அது இருண்ட காலம்.

அன்று முந்நூறாவது நாளை எட்டியிருந்தவர் பெயர் மேம்பாலம். பதினோரு வருடம் மூட்டை சுமந்ததில் முதுகு அந்த வடிவத்துக்கு வந்திருந்தது. கூட இருந்தவர்கள் பெயரையும் அதற்கேற்ப மாற்றிவிட்டார்கள். முதுகைப் பற்றி அவருக்குப் புகார் இல்லை. இடது முட்டிதான் தகராறு. "ஆபரேஷன் பண்ணணும், மூணு மாசம் கால் கீழ வைக்கக் கூடாது" என்று டாக்டர் சொல்லியிருந்தார். நிரந்தரப் பணியாளனுக்கு வைத்தியமும் உண்டு, படுத்திருக்கும் நாளுக்குச் சம்பளமும் உண்டு. ஆட்டக்காரனுக்குக் கைதட்டல் உண்டு.

அதற்கு முந்தின நாள் சாயங்காலம் அவர் வீட்டில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் போனில் ஏதோ ஆடிக்கொண்டிருந்த மகள், திடீரென்று எல்லாவற்றையும் அழித்தாள்.

"ஏம்மா அழிச்சே? நல்லாத்தானே போய்க்கிட்டிருந்தே?"

"போரடிச்சுதுப்பா. முதல்ல இருந்து ஆடலாம்னு."

"அழிச்சா அந்த ஆளு என்ன ஆவான்?"

"ஒண்ணும் ஆக மாட்டான். உயிரு, பலம் எல்லாம் ஃபுல்லா வந்துடும். அடிபட்டது, குண்டு பட்டது எதுவும் இருக்காது. புது ஆளு."

"முட்டி வலி இருந்தா?"

"அதுவும் போயிடும்."

மேம்பாலம் தன் முட்டியைப் பார்த்தார். பதினோரு முறை புது ஆளாகியிருக்கிறார். முட்டிக்கு யாரும் தகவல் சொல்லவில்லை போலிருக்கிறது.

உள்ளேயிருந்து மனைவி எட்டிப் பார்த்தாள். "என்னங்க, நாளைக்கு விரல் வைக்காதீங்க. வைக்கலைன்னா என்ன பண்ணுவாங்க? விரலையா வெட்டிடுவாங்க?"

"வைக்கலைன்னா மறுநாள் கேட்டுக்குள்ள விட மாட்டாங்கடி."

"முந்நூறு நாள் முடிஞ்சிட்டா எப்படி விடாம இருப்பாங்க? சாயங்காலம் வரைக்கும் இழுத்தடிங்க. உங்களுக்கு வயித்து வலி வராதா, மயக்கம் வராதா? பதினோரு வருஷத்துல ஒரு பொய் சொல்லத் தெரியலையே உங்களுக்கு!"

மறுநாள் நான்கு மணிக்கு அலுவலகத்திலிருந்து அழைப்பு வந்தது. மேஜையில் கட்டைவிரல் மிஷின். அதன் பின்னால் கம்ப்யூட்டர் பார்க்கும் பெண். பக்கத்தில் மகிழ்ச்சி அதிகாரி. ஆம், அந்தக் கிடங்கில் குளியலறை கிடையாது. மகிழ்ச்சி அதிகாரி உண்டு. மஞ்சள் சட்டை போட்டு, எல்லோரையும் 'சாம்பியன்' என்று கூப்பிடுவது அவர் பொறுப்பு.

"வாங்க சாம்பியன்! புதுப் பிறவி எடுக்கப் போறீங்க. எப்படி ஃபீல் பண்றீங்க?"

"வயித்து வலி சார்" என்றார் மேம்பாலம். முகத்தைப் பார்த்தாலே பொய் என்று தெரிந்தது.

"அது சந்தோஷம் சாம்பியன். எனக்கும் அப்படித்தான் ஆகும்."

"சார், ஒரு சந்தேகம். ஆட்டத்தை அழிச்சா முட்டியும் புதுசா வரணும்னு என் பொண்ணு சொல்றா."

மகிழ்ச்சி அதிகாரி இதைத் தீவிரமாக எடுத்துக்கொண்டு குறித்துக்கொண்டார். "நல்ல யோசனை. அடுத்த வெர்ஷன்ல பார்க்கலாம். இப்ப விரலை வைங்க."

மேம்பாலம் கட்டைவிரலை வைத்தார். பதினோரு வருடத்தில் முதல் முறையாக ஒரு வேலையை அரை மனதோடு செய்தார். பட்டும் படாமல் வைத்தார்.

'ஆட்டக்காரர் அடையாளம் காணப்படவில்லை' என்றது மிஷின்.

"நல்லா அழுத்துங்கண்ணே" என்றாள் கம்ப்யூட்டர் பெண்.

அழுத்தினார். அடையாளம் காணப்படவில்லை. கழுவிக்கொண்டு வரச் சொன்னார்கள். கழுவிக்கொண்டு வந்தார். அடையாளம் காணப்படவில்லை. வலது விரலுக்குப் பதில் இடது. அதுவும் இல்லை. அந்தப் பெண் அவர் விரலைப் பிடித்து வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தாள்.

"சார், ரேகையே இல்ல சார். கண்ணாடி மாதிரி வழுவழுன்னு இருக்கு."

"ரேகை இல்லாம எப்படிம்மா இருக்கும்? போன தடவை வச்சாரே?"

"போன தடவையே ஏழெட்டு வாட்டி வச்சுத்தான் எடுத்துது சார். சிமென்ட் அரிச்சிருக்கு."

மேம்பாலம் தன் விரலை அப்போதுதான் உற்றுப் பார்த்தார். வயிற்று வலி நின்றுவிட்டது. உள்ளுக்குள் ஏதோ குறுகுறுவென்றது. சிரிப்பு வந்தால் எங்கே காரியம் கெட்டுவிடுமோ என்று உதட்டைக் கடித்துக்கொண்டார்.

நான்கரைக்கு மேனேஜர் வந்துவிட்டார். பதினோரு வருடத்தில் அவர் மேம்பாலத்தின் கையைத் தொட்டதில்லை. இப்போது இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டார். பிறகு நடந்ததெல்லாம் நிர்வாக வரலாற்றில் பொறிக்கத்தக்கது. வெந்நீர் வந்தது. ஐஸ் வந்தது. கம்ப்யூட்டர் பெண்ணின் கைப்பையிலிருந்து க்ரீம் வந்தது. மேனேஜர் தன் கைக்குட்டையால் விரலை ஒற்றி எடுத்தார். மகிழ்ச்சி அதிகாரி குனிந்து வாயால் ஊதினார். இரண்டு பட்டதாரிகள், ஒரு கட்டைவிரல், முக்கால் குப்பி க்ரீம்.

"கொஞ்சம் ஒத்துழைங்கப்பா" என்றார் மேனேஜர். வியர்வை அவர் மூக்கு நுனியில் நின்றது.

"நான் எங்க சார் மாட்டேங்குறேன்? விரல் உங்க கையிலதானே இருக்கு."

வேலை முடிந்த சுமையாட்கள் ஒவ்வொருவராக ஜன்னலில் வந்து தொங்கினார்கள். "விடாதே மேம்பாலம், இன்னும் நாலு நிமிஷம்!" என்றது ஒரு குரல். "அவன் எங்கடா விடறான், மேனேஜர்தான் விட மாட்டேங்குறாரு" என்றது இன்னொன்று.

ஐந்து மணி. சங்கு ஊதியது.

வாசல் திரையில் அதுவரை யாரும் கேட்டிராத ஓர் இசை எழுந்தது. பொம்மை முந்நூறாவது படியில் ஏறி நின்றது. ஜன்னலில் தொங்கியவர்கள் போட்ட கூச்சலில் கிடங்குக் கூரையிலிருந்த புறாக்கள் பறந்தன. மேனேஜர் விரலை விட்டுவிட்டு நாற்காலியில் விழுந்தார். மேம்பாலம் முட்டியைத் தடவிக்கொண்டார். மூன்று மாதம் என்று மனதில் ஓடியது. மூன்று மாதம் படுக்கையில். சம்பளத்தோடு.

"அண்ணே, இருங்க" என்றாள் கம்ப்யூட்டர் பெண். "இன்னும் ஒண்ணு கேக்குது."

திரையில் எழுத்துகள் மின்னின. 'வாழ்த்துகள்! கோட்டைக்குள் நுழையக் கட்டைவிரலை வைக்கவும்.'

மேம்பாலம் பாய்ந்தார். ஐம்பது கிலோவைத் தூக்கும் பலம் முழுவதையும் கட்டைவிரலில் இறக்கி அழுத்தினார். மேஜை ஆடியது. அடையாளம் காணப்படவில்லை. விரலைச் சட்டையில் தேய்த்தார். காணப்படவில்லை.

"க்ரீம்! அந்த க்ரீமைக் கொடும்மா!"

"தீர்ந்து போச்சுண்ணே."

"வெந்நீர்? ஐஸு? சார், கொஞ்சம் ஊதுங்க சார்!"

மகிழ்ச்சி அதிகாரிக்கு மூச்சு வாங்கியது, ஊத இயலவில்லை. மேனேஜர் கைக்குட்டையை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டார். அவர் முகத்தில் வியர்வை காய்ந்து, நிர்வாகம் திரும்பி வந்திருந்தது.

"மிஷின் பொய் சொல்லாது" என்றார். "நீங்க அந்த ஆளு இல்லை."

"எந்த ஆளு சார்?"

"முந்நூறு நாள் வேலை செஞ்ச ஆளு. அவருக்கு ரேகை இருக்கு. பதிவுல இருக்கு. உங்களுக்கு இல்லை. அப்ப அவர் எங்கே?"

"சார், நான்தான் சார் அது! இதோ இவங்க எல்லாரும் பார்க்குறாங்களே!"

"இவங்க முகத்தைப் பார்க்குறாங்க. கம்பெனி விரலைத்தான் பார்க்கும்."

அரை மணி நேரத்தில் அறிவிப்புப் பலகையில் ஒரு தாள் ஏறியது. நிர்வாகத் தமிழின் உச்சங்களில் ஒன்று அது. 'மேற்படி ஆட்டக்காரர் முந்நூறாம் நாளன்று முன்னறிவிப்பின்றி ஓடிப்போய்விட்டார். அவரைப் பற்றித் தகவல் தருவோருக்கு நூறு புள்ளிகள் வழங்கப்படும்.' கீழே மேம்பாலத்தின் புகைப்படம். அதற்கு நேர் கீழே மேம்பாலம்.

நிர்வாகத்துக்கு இரக்கமும் உண்டு. ரேகையில்லாத இந்தப் புதிய மனிதரைத் தெருவில் விட மனமில்லை. பத்து விரலையும் வரிசையாகச் சோதித்தார்கள். இடது கைச் சுண்டுவிரலில் மட்டும் கொஞ்சம் ரேகை மிச்சம் இருந்தது. மூட்டை அதில் அவ்வளவாகப் படுவதில்லை.

"அருமை சாம்பியன்!" என்றார் மகிழ்ச்சி அதிகாரி. "இது இன்னும் நாலஞ்சு ஆட்டம் தாங்கும். காலையில வந்து பதிஞ்சுக்கலாம். முதல் படி."

வீட்டில் மனைவி முழுவதையும் கேட்டாள். அழவில்லை. அவர் கையை எடுத்து, ஒவ்வொரு விரலாகத் தடவிப் பார்த்தாள்.

"கல்யாணத்தப்ப இப்படி இல்லையே" என்றாள். "எங்கதாங்க போச்சு இதெல்லாம்?"

மேம்பாலம் விரல்களை விளக்கு வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தார். கேள்வி நல்ல கேள்வியாக இருந்தது.

காலை எட்டு மணி. வாசலில் நான்கு லாரிகள் மூட்டையோடு நின்றன. மிஷின் தயாராக இருந்தது. மேனேஜரும் மகிழ்ச்சி அதிகாரியும் இருந்தார்கள். மற்ற முப்பத்தொரு பேரும் வேலைக்கு இறங்காமல் ஜன்னலோரம் நின்றார்கள்.

"சுண்டுவிரலை வைங்க."

மேம்பாலம் சுண்டுவிரலை உள்ளங்கைக்குள் மடக்கிக்கொண்டார். "அதுக்கு முன்னாடி ஒரு தகவல் கொடுக்கணும் சார். ஓடிப்போனவனைப் பத்தி."

"என்ன தகவல்?"

"ஆளு எங்க இருக்கான்னு தெரியும்."

மகிழ்ச்சி அதிகாரி தம்மை மறந்து பேனாவை எடுத்தார். "எங்கே?"

"நீங்க வித்த மூட்டையில சார். ஒவ்வொண்ணுலயும் கொஞ்சம் கொஞ்சம். பதினோரு வருஷம் வித்திருக்கீங்க. ஊர்ல எந்தச் சுவரை வேணா சுரண்டிப் பாருங்க, இருப்பான். அவனா ஓடிப்போகல சார். நீங்கதான் மூட்டையோட சேர்த்து வித்துட்டீங்க."

பேனா தாளின் மேல் நின்றது. வெளியே ஒரு லாரிக்காரர் ஹார்ன் அடித்தார்.

ஜன்னலோரம் நின்றவர்களில் ஒருவர் தன் கட்டைவிரலைத் தூக்கி வெயிலில் பார்த்தார். பக்கத்தில் இருந்தவரும் பார்த்தார். பிறகு முதலாமவர் உள்ளே வந்து, யாரும் கூப்பிடாமலேயே, மிஷினில் விரலை வைத்தார். அடையாளம் காணப்படவில்லை. பின்னாலேயே அடுத்தவர் வந்தார். அவருக்கு ரேகை இருந்ததா இல்லையா என்று தெரியாது. வைக்கும்போது விரலை மடக்கி, கணுவைத்தான் வைத்தார். அடையாளம் காணப்படவில்லை. அடுத்தவர். அடுத்தவர்.

விதி விதிதான். அன்று மத்தியானத்துக்குள் பலகையில் இன்னும் முப்பத்தொரு தாள்கள் ஏறின. முன்னறிவிப்பின்றி ஓடிப்போனவர்கள் மொத்தம் முப்பத்திரண்டு பேர். முப்பத்திரண்டு பேரும் பலகைக்கு எதிரே உட்கார்ந்து, இறக்க ஆளில்லாமல் நின்ற லாரிகளைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மேனேஜர் சட்டையைக் கழற்றிவிட்டு முதல் மூட்டைக்கு முதுகைக் கொடுத்தபோது, வாசல் திரையில் பொம்மை எதுவும் குதிக்கவில்லை. அவர் பெயர் ஆட்டத்திலேயே இல்லை.