கூடவே திரும்பும் வடக்கு

திசைமானிக்காரர் என்றொரு இனம் உண்டு. உங்கள் புது வீட்டைப் பார்த்து வாழ்த்த வந்து, காபிக்கு முன்பே சட்டைப்பையிலிருந்து வட்டமான பித்தளை டப்பாவை எடுத்து, வயிற்றோடு சேர்த்துப் பிடித்து, உற்றுப் பார்த்து, "ப்ச்" என்பார். போயிற்று ஒரு சுவர்.

ஆம்பூர் தோல் பை கம்பெனியில் செக்கிங் பார்க்கும் வேதாசலம் இந்த இனத்தில் முதல் வரிசை. டப்பா ஏன் பித்தளை என்று அவர் விளக்காத வீடு கிடையாது. உள்ளே கூர்முனை மேல் காந்த ஊசி உட்கார்ந்து தன் இஷ்டத்துக்குச் சுற்றும்; பூமியே பெரிய காந்தம் என்பதால் கடைசியில் வடக்கு பார்த்து நிற்கும்; டப்பா இரும்பானால் ஊசி ஏமாந்துவிடும். "பக்கத்துல இரும்பு ஆவாது. காந்தம் ஆவவே ஆவாது" என்று வீட்டுக்காரரின் சாவிக்கொத்தைக்கூட வாசலுக்கு அனுப்பிவிடுவார். அவ்வளவு கறார்.

ஆனால் அவர் எந்த அறைக்கு எதிரே நின்றாலும் அது ஈசானிய மூலையாகவே அமைந்தது. வாஸ்துப்படி அடுப்படி அங்கே கூடாதே! தன் வீட்டு அடுப்படியைத்தான் முதலில் இடித்தார். அன்றிலிருந்து மனைவி கண்ணம்மாள் கொல்லையில் தகரக் கூரையடியில் வெந்துகொண்டிருக்கிறாள்.

அந்த ஞாயிற்றுக்கிழமை மோகனாவின் முறை. அதே கம்பெனியில் தையல் மிஷினே கதியென்று கிடந்து அவள் கட்டிய வீடு.

"ஈசானியம். இடிச்சுடும்மா."

"இன்னாண்ணா சொல்றீங்க? மேஸ்திரி அக்னி மூலைன்னாரே!" அவளுக்கு அழுகை வந்துவிட்டது.

"மேஸ்திரி கையில இது இருந்துச்சா?"

காபி குடிக்க உட்கார்ந்தவருக்கு, பெல்ட்டில் மாட்டியிருந்த செல்போன் பவுச் வயிற்றில் குத்தியது. கழற்றித் தள்ளி வைத்தார். மடியிலிருந்த டப்பாவில் ஊசி நிதானமாகச் சுழன்று வேறு பக்கம் நின்றது. பவுச்சை அருகே கொண்டுவந்தார். ஊசி ஓடி வந்தது. கம்பெனி பவுச், மேக்னட் பட்டன், செக்கிங்கில் 'நல்ல பிடிப்பு' என்று பாஸ் பண்ணியவரும் அவர்தான்.

காபி ஆறிற்று.

"தோஷம் இப்பதான் வெலகிச்சும்மா. இடிக்காத."

வீட்டில் கண்ணம்மாள் முந்தானையால் கழுத்தைத் துடைத்தபடி கேட்டாள்: "இன்னாங்க, அங்கயும் இடிச்சாச்சா?"

வேதாசலத்துக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது. உண்மையைச் சொல்ல வாய் எடுத்தார். "இன்னிக்குக் காத்து கம்மி" என்றார்.

சிரிக்கிறீர்களா? சிரித்துக்கொண்டே, உங்கள் அடுப்படி எந்தத் திசை என்று பார்க்கச் செல்போனை எடுக்கிறீர்கள், இல்லையா? அதன் தோலுறை 'டக்'கென்று ஒட்டிக்கொண்டு மூடுகிற வகையா? முதலில் அதைக் கழற்றுங்கள். கடப்பாரை அப்புறம்.