மூன்றாம் எண் பொட்டலம்

இனிமேல் தீர விசாரிக்காமல் எந்தச் சாமானும் இந்த வீட்டுக்குள் நுழையக் கூடாது என்று அவர் தீர்மானம் கொண்டுவந்தபோது, கூடத்தில் அவர் மட்டும்தான் இருந்தார். தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது.

அன்றிலிருந்து அவருக்கு ‘விசாரணைக் கமிஷன்’ என்று பெயர். வைத்தவன் மைத்துனன், அதாவது மனைவியின் தம்பி. கம்ப்யூட்டர் பழுது பார்க்கும் கடை வைத்திருப்பவன். அவன் கேலிக்காகத்தான் வைத்தான். இவர் அதைப் பட்டமாக எடுத்துக்கொண்டார். நாமும் அவரைக் கமிஷன் தலைவர், சுருக்கமாகத் தலைவர் என்றே சொல்லிவிடுவோம். பாவம், அலுவலகத்தில் அவரை யாரும் அப்படிக் கூப்பிடுவதில்லை. அங்கே அவருக்கு ஒரு மேசையிலிருந்து வரும் ஃபைலை அடுத்த மேசைக்கு அனுப்பும் வேலை. நடுவில் அவர் கருத்தை ஒருவரும் கேட்பதில்லை. அவர் வாய்ச்சொல் எடுபடுகிற இடம் இந்த வீட்டுச் சாப்பாட்டு மேசை ஒன்றுதான். அதையும் விட்டுக்கொடுத்துவிட்டால் மனுஷனுக்கு என்ன மிச்சம்?

மனைவி வீட்டிலிருந்தபடியே கல்யாண ஆல்பம் வடிவமைப்பவள். ஸ்டுடியோக்காரர் ஒரு கல்யாணத்துக்கு ஆயிரக்கணக்கில் படம் அனுப்புவார். அதில் பொறுக்கி, அழகுபடுத்தி, பக்கம் பக்கமாக அடுக்கிக் கொடுக்க வேண்டும். அவள் கம்ப்யூட்டரில் இருந்த ஹார்ட் டிஸ்க் அதன் ஆயுளை எப்போதோ முடித்துவிட்டது. ஒரு படத்தைத் திறக்கச் சொல்லிவிட்டு, அவள் டீ போட்டுக் குடித்து, டம்ளரையும் கழுவிக் கவிழ்த்துவிட்டு வந்தால், அதற்குள் மாப்பிள்ளையின் தலைமுடி வரைக்கும் வந்திருக்கும். முகம் வர இன்னொரு டீ குடிக்க வேண்டும்.

ஒரு நாள் ஸ்டுடியோக்காரர் போனில் சொல்லிவிட்டார். “அக்கா, அடுத்த வாரக் கடைசிக்குள்ள இந்த ஆல்பம் வரணும். வரலைன்னா இனிமே நான் வேற ஆளைத்தான் பார்க்கணும். தப்பா நினைச்சுக்காதீங்க.”

அவள் போனை வைத்துவிட்டு, இரண்டு கையையும் மடியில் போட்டுக்கொண்டு திரையையே பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள். அதைப் பார்த்ததும் தலைவருக்கு மனசு கேட்கவில்லை. அவருக்கு மனைவி மேல் உண்மையிலேயே பிரியம் உண்டு. அந்தப் பிரியத்தை விசாரணை மூலமாகத்தான் காட்டத் தெரியும், அவ்வளவுதான்.

மைத்துனனைக் கேட்டார்கள்.

“மாமா, ஹார்ட் டிஸ்க்கைத் தூக்கிட்டு ஒரு எஸ்.எஸ்.டி. போடுங்க. உள்ள சுத்துற தட்டு கிட்டு ஒண்ணும் கிடையாது, வெறும் சில்லு. கேட்டதும் எடுத்துக் கொடுக்கும்,” என்று அவன் தன் போனில் ஒரு படத்தைக் காட்டினான். “இந்தக் கம்பெனிது வாங்குங்க. கண்ணை மூடிக்கிட்டு வாங்கலாம்.”

“கண்ணை மூடிக்கிட்டு முடிவெடுக்கிற பழக்கம் எனக்கு இல்ல.”

“எங்கப்பாவுக்கு இருந்துச்சு,” என்றாள் மனைவி.

தலைவர் அதைக் குறிப்பில் ஏற்றவில்லை. அந்தக் கம்பெனிப் பெட்டி வாங்குகிற விலையில் மலிவுப் பெட்டி இரண்டு வாங்கலாம் என்பது மட்டும் அவர் கண்ணில் பட்டது. உடனே மூன்று மலிவு எஸ்.எஸ்.டி.களுக்கு ஆர்டர் போட்டார். வந்து சேர்ந்தன. ஒன்றின் அட்டையில் மின்னல், இன்னொன்றில் கழுகு, மூன்றாவதில் ராக்கெட். எல்லாவற்றிலும் படம் பிரமாதமாக இருந்தது. தயாரித்தவர் யார் என்பதைத்தான் காணோம்.

“இந்தா பாரு,” என்றார் மனைவியிடம். “படத்தைப் பார்த்து மனசு ஒரு பக்கமா சாய்ஞ்சிடக் கூடாது. விசாரணைன்னா கண்ணைக் கட்டிக்கிட்டுச் செய்யணும்.”

“யாரு கட்டிக்கணும்?”

“நான்தான். நீ மூணு பொட்டலமாக் கட்டி, காக்கிக் காகிதம் சுத்தி, ஒண்ணு ரெண்டு மூணுன்னு நம்பர் போடு. சொருகுற முனை மட்டும் வெளிய தெரிஞ்சா போதும். எது எந்த நம்பர்னு என்கிட்ட சொல்லக் கூடாது. நான் கேட்டாலும் சொல்லக் கூடாது.”

“கெஞ்சினா?”

“கெஞ்சினாலும்.”

“சரிங்க,” என்றாள்.

கல்யாணம் ஆனதிலிருந்து அவள் இவ்வளவு சுலபமாகச் ‘சரி’ சொன்னது அதுதான் முதல் தடவை. தலைவர் அதைத் தன் நிர்வாகத் திறமைக்குக் கிடைத்த மரியாதையாக எடுத்துக்கொண்டு அலுவலகம் கிளம்பினார்.

சனிக்கிழமை காலை கமிஷன் கூடியது. தலைவர் இஸ்திரி போட்ட சட்டை அணிந்திருந்தார். சாப்பாட்டு மேசையில் அவர் கம்ப்யூட்டர், அடுக்களைத் தராசு, காய்ச்சல் பார்க்கும் கருவி, பூதக்கண்ணாடி, ஸ்க்ரூ டிரைவர். காலைச் சாப்பாட்டுக்கு மேசையில் இடம் இல்லாததால் தட்டை மடியில் வைத்துக்கொண்டார்கள்.

முதலில் உடல்வாகு. ஒவ்வொரு பொட்டலத்தையும் காதருகே ஆட்டினார், விரலால் தட்டினார், தராசில் வைத்தார். இரண்டாம் எண் நல்ல கனம்.

“கையில வச்சாலே தெரியுது பாரு. உள்ள சரக்கு இருக்கு!”

மூன்றாம் எண் தீப்பெட்டி மாதிரி லேசாக இருந்தது. அவர் உதட்டைப் பிதுக்கினார். “இது சவலை. ஓட்டிப் பார்க்கவே வேண்டாம். தள்ளிடலாமா?”

மேசை துடைத்துக்கொண்டிருந்த மனைவியின் கை நின்றது. “என்னங்க இது, ஒரு வாய்ப்புக் கூடக் கொடுக்காம தள்ளினா நியாயமா?”

நியாயம் என்ற சொல்லைக் கேட்டால் தலைவருக்கு முதுகு நிமிர்ந்துவிடும். மூன்றாம் எண் தப்பித்தது.

அடுத்து ஓட்டம். ஒரு முழுக் கல்யாணத்தின் படங்களையும் ஒவ்வொரு பெட்டியிலும் ஏற்றிப் பார்ப்பது. முதல் எண்ணைச் சொருகினார்.

“பறக்குதும்மா! இங்க வா, வந்து பாரு! எப்படிப் பறக்குது!”

அவள் கையைத் துடைத்துக்கொண்டு வருவதற்குள் பறந்தது நடந்தது. அவள் வந்து நின்றபோது நடந்தது தவழ்ந்தது. தலைவர் காய்ச்சல் கருவியை அதன் மேல் வைத்துப் பார்த்தார். மனுஷனாக இருந்திருந்தால் ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்க வேண்டும்.

“இந்த மாதிரி மலிவுச் சாமான்ல வாசல்ல கொஞ்சம் இடம்தான் வேகமா இருக்கும்,” என்று அவர் சோகமாக விளக்கினார். “அது நிரம்புற வரைக்கும் ஒரே ஓட்டம். நிரம்பிடுச்சுன்னா படுத்துக்கும்.”

“எடுத்த எடுப்புல அவ்வளவு வேகம், அஞ்சு நிமிஷத்துல படுத்துக்கறது. இதை நான் முன்னாடியே பார்த்திருக்கேன்.”

“எங்க பார்த்த?”

“போன வாரம் பரணைச் சுத்தம் பண்றேன்னு ஏறினீங்களே, அப்ப.”

முதல் எண் தள்ளுபடி. காகிதத்தைப் பிரித்தார். மின்னல்.

இரண்டாம் எண், அந்தக் கனமானது, எல்லாப் படங்களையும் சத்தம் போடாமல் வாங்கிக்கொண்டது. தலைவர் தன் கணிப்பை மெச்சியபடியே படங்களைத் திறந்து பார்த்தார். மாப்பிள்ளை இருந்தார், பெண்ணைக் காணோம். மேலும் திறந்தார். மாப்பிள்ளையும் போய்விட்டார். பாதிக் கல்யாணம்தான் உள்ளே இருந்தது. மீதி எங்கே போனது என்பது அந்தப் பெட்டிக்கே தெரியாது.

காகிதத்தைப் பிரித்தால் கழுகு. ஸ்க்ரூவைக் கழற்றி மூடியைத் திறந்தார். உள்ளே பெரும்பாலும் காலியிடம். ஒரு மூலையில் நகக்கண் அளவுக்கு ஒரு சில்லு. நடுவில், பசை போட்டு ஒட்டிய இரும்பு வளையம் ஒன்று. கனத்துக்காகவே வைத்தது.

தலைவர் அந்த வளையத்தை நகத்தால் சுரண்டிப் பார்த்தார்.

“நல்ல சரக்குன்னு நான்தானே சொன்னேன்,” என்றார் மெதுவாக. ஊரை ஏமாற்ற ஒட்டிய இரும்பு தன்னையும் ஏமாற்றிவிட்டதே என்று அவருக்கு அவமானமாக இருந்தது. மனைவி ஏதோ சொல்ல வாயெடுத்தாள். பிறகு என்ன நினைத்தாளோ, ஒரு டம்ளர் தண்ணீர் கொண்டுவந்து வைத்தாள்.

நம்பிக்கை இல்லாமல்தான் மூன்றாம் எண்ணைச் சொருகினார். அது ஆரம்பித்த வேகத்திலேயே ஓடியது. பாதியிலும் அதே வேகம். கடைசிப் படம் வரைக்கும் அதே வேகம். காய்ச்சல் இல்லை. திறந்து பார்த்தால் மாப்பிள்ளை, பெண், சொந்தக்காரர்கள், பந்தியில் மூன்றாம் தடவை உட்கார்ந்த ஆள் உட்பட அத்தனை பேரும் இருந்தார்கள்.

தலைவர் நாற்காலியை விட்டு எழுந்தார்.

“மின்னல் போச்சு. கழுகு போச்சு. மிச்சம் என்ன? ராக்கெட்! பாதி விலை! காகிதத்தைப் பிரிக்கவே வேண்டாம்மா, கணக்கே சொல்லிடுச்சு!”

“அப்ப பொட்டலத்தோட அப்படியே கொடுங்க. தம்பியை வரச் சொல்லி மாட்டிடுறேன்,” என்றாள் அவள்.

அன்று மாலையே மாட்டியாகிவிட்டது. அந்த வாரம் முழுக்க அவள் போட்ட டீயைக் குடிக்கக்கூட நேரமில்லாத வேகத்தில் வேலை செய்தாள். தொட்டால் படம் திறந்தது. சொன்ன நாளுக்கு முன்பே ஆல்பம் போய்ச் சேர்ந்து, ஸ்டுடியோக்காரர் அடுத்த இரண்டு கல்யாணத்தையும் அனுப்பிவிட்டார். அவள் முகத்தில் தெரிந்த நிம்மதியைப் பார்த்துத் தலைவருக்கு நெஞ்சு நிறைந்தது. என் விசாரணையால் இந்த வீட்டுக்கு ஒரு நல்லது நடந்திருக்கிறது என்று நினைத்துக்கொண்டார். அதோடு நிறுத்தியிருக்கலாம்.

ஞாயிற்றுக்கிழமை மைத்துனனை வரவழைத்தார். “மாப்ள, நீயே உன் கண்ணால பாரு. ராக்கெட்டை நான் பிரிச்சுக் காட்டுறேன்,” என்று சொல்லி, மனைவியின் கம்ப்யூட்டரை நிறுத்தி, பக்கவாட்டு மூடியைக் கழற்றி, காக்கிக் காகிதத்தைக் கிழித்தார்.

மைத்துனன் அன்றைக்குப் போனில் காட்டிய அதே கம்பெனி. அதே பெயர்.

மைத்துனன் மின்விசிறியைப் பார்த்தான்.

“இது ராக்கெட் இல்லையே,” என்றார் தலைவர்.

“இல்லங்க.”

“இது உன் தம்பி சொன்னது.”

“ஆமாங்க. என் சம்பாத்தியத்துல வாங்கினது. நீங்க மூணு பொட்டலம் கட்டச் சொன்னீங்க. உங்களோடது ரெண்டு, என்னோடது ஒண்ணுன்னு கட்டினேன்.”

“என்கிட்ட நேரா ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே?”

“நான் சொன்னா விசாரிப்பீங்க. விசாரிக்க விட்டேன், நீங்களே சொல்லிட்டீங்க.”

தலைவர் மின்னல், கழுகு என்று விரல் விட்டு எண்ணினார். மூன்றாவது விரல் மிஞ்சியது.

“அப்ப ராக்கெட் எங்க?”

“அது உங்க கம்ப்யூட்டர்ல இருக்கு மாமா,” என்றான் மைத்துனன். “வாங்கினது வீணாப் போக வேண்டாம்னு அக்கா சொன்னா. நீங்க ஆபீஸ் போயிருந்தப்பவே வந்து மாட்டிட்டேன்.”

தலைவருக்குச் சுருக்கென்று நினைவு வந்தது. கொஞ்ச நாளாக அவர் கம்ப்யூட்டர் பட்டென்று திறக்கிறது. தினமும் துணியால் துடைப்பதன் பலன் அது என்று அலுவலகத்தில் இரண்டு பேரிடம் சொல்லியும் இருக்கிறார். வாடிய முகம் மெல்ல மலர்ந்தது. எழுந்து நின்றார். சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டார்.

“அப்ப ராக்கெட் ஓடுது! பாதி விலையில, ஒரு குறையும் இல்லாம இத்தனை நாளா ஓடுது! நான் சொன்னது சரியாப் போச்சா இல்லையா?”

“ஓடாம என்னங்க,” என்றாள் அவள், மூடியைத் திரும்ப மாட்டிக்கொண்டே. “நீங்க அதுல சீட்டு மட்டும்தானே ஆடுறீங்க.”