கொலுப்படியில் கணித பௌதிகம்

மௌலா அலி, சிகந்திராபாத்,
14-11-1978

அன்புள்ள அண்ணாவுக்கு,

திரிபுரசுந்தரி செய்துகொண்ட அநேக நமஸ்காரம். இங்கே நானும் இவரும் சாந்தாவும் பகவான் கிருபையாலும், அதைவிடக் கொஞ்சம் அதிகமாக உன் புஸ்தகங்களின் கிருபையாலும் சௌக்கியம். நீயும் மன்னியும் திருச்சியில் குறைவில்லாமல் இருக்க வேண்டும், குழாயில் மூன்று வேளையும் காவேரித் தண்ணீர் வர வேண்டும் என்று வேண்டிக்கொள்கிறேன். இங்கே காலையில் அரை மணிதான்.

மே மாதம் நீ இந்த ஊர் யூனிவர்சிட்டி வேலையை விட்டுக் கிளம்பியபோது, "புது வீட்டில் ஒன்று நான் இருக்கணும், இல்லை இந்தப் புஸ்தகங்கள் இருக்கணும்" என்று மன்னி சொல்லி, நீ நன்றாக யோசித்து மன்னியைத் தேர்ந்தெடுத்து, இரண்டு டிரங்குப் பெட்டி கணித பௌதிகத்தையும் அனாலிஸிஸையும் எங்கள் இரண்டறைக் குவார்ட்டர்ஸில் இறக்கிவிட்டுப் போனாயே, அன்றைக்கு நான் உன்னைத் திட்டிய திட்டையெல்லாம் இப்போது வாபஸ் வாங்கிக்கொள்கிறேன். கணக்குப் புஸ்தகம் என்றாய். பிரித்துப் பார்த்தால் மருந்துக்குக்கூட ஒரு நம்பர் கிடையாது. பாம்பு மாதிரி நெளிந்த கோடுகளும் கிரேக்க எழுத்துகளும்தான். ஆனாலும் வீட்டுக்கு வந்ததை வீணடிக்கக் கூடாது என்று ஒன்றை ஆடுகிற பீரோவுக்கு முட்டுக் கொடுத்தேன். இரண்டைப் பட்டுப்புடவை மேல் பாரம் வைத்தேன், இஸ்திரிக்காரன் தோற்றான். எல்லாவற்றிலும் பருமனான ஒன்றின் மேல் உட்கார்ந்துதான் தினம் கறிகாய் நறுக்குகிறேன். கோபிக்காதே, அட்டைக்கு ஒன்றும் ஆகவில்லை, ஒரே ஒரு இடத்தில் சேனைக்கிழங்கு.

இப்படி இருக்கும்போது புரட்டாசியில் எங்கள் தலையில் இடி விழுந்தது. இவரை பரோடாவுக்கு மாற்றப்போகிறார்கள் என்று ஆபீஸில் பேச்சு. சாந்தாவோ பி.எஸ்ஸி. கடைசி வருஷம். நடுவில் பிடுங்கிக்கொண்டு போனால் ஒரு வருஷம் பாழ். ஹாஸ்டலில் விட எனக்கு மனசு வரவில்லை. இவர் பர்ச்சேஸ் செக்‌ஷன்காரர், டெண்டர் கொடுக்க வருகிறவர்களிடம் புலி, மேலதிகாரியிடம் வாயைத் திறக்க மாட்டார். "சொல்லிப் பாருங்களேன்" என்றால், "என்னன்னு சொல்றது, என் பொண்டாட்டிக்கு மனசு வரலேன்னா?" என்கிறார். கையெழுத்துப் போட வேண்டியவர் ஜெனரல் மானேஜர் ஜம்புநாதன். சிகந்திராபாத்தில் மூன்று தலைமுறையாக இருக்கிற குடும்பம்; வேண்டாம் என்பதற்கு 'நக்கோ', ஆமாம் என்பதற்கு 'ஹவ்' என்றுதான் வாயில் வரும். பௌதிகத்தில் டாக்டர் பட்டம் வாங்கிய மனுஷர், பாவம், இப்போது நாள் முழுக்க யூனியன் சண்டையும் கான்டீன் சாம்பாரும் பார்த்துக்கொண்டிருக்கிறார்.

அதற்குள் நவராத்திரி வந்தது. வேண்டுதலாக இந்த வருஷம் ஏழு படி வைப்பது என்று தீர்மானித்தேன். டிரங்குப் பெட்டி இரண்டும் கீழ்ப்படி ஆயிற்று. மேற்படிகளுக்குப் பலகை போதாமல், பெட்டியைக் காலி செய்து உன் புஸ்தகங்களையே அடுக்கி மேலே இவருடைய வேஷ்டியை விரித்துவிட்டேன். அசையவே இல்லை, செங்கல் கெட்டது போ. சரஸ்வதி பூஜையன்று சாயங்காலம் ஜி.எம். சம்சாரம் மங்களம் மாமி வெற்றிலை பாக்குக்கு வந்தார். கூடவே, யாரும் எதிர்பார்க்காமல், ஜி.எம்.மும் வந்துவிட்டார். எனக்குக் கையும் ஓடவில்லை காலும் ஓடவில்லை. இவர் பதற்றத்தில் நாற்காலியை இழுக்கிறேன் என்று வேஷ்டி நுனியைச் சேர்த்து இழுத்தார். செட்டியார் பொம்மை உருண்டு ஜி.எம். காலடியில் போய் விழுந்தது. அதை எடுக்கக் குனிந்தவர் குனிந்தபடியே நின்றுவிட்டார். இடுப்புப் பிடித்துக்கொண்டதோ என்று நான் பயந்தேன். அவர் பார்த்தது படியிலிருந்து எட்டிப் பார்த்த புஸ்தக முதுகுகளை.

"வேணு, இதெல்லாம் யாருது?" என்றார்.

இவர் வாய் திறப்பதற்குள் நான், "ஆத்துப் புஸ்தகம்தான் சார்" என்றேன். பொய் இல்லையே அண்ணா, ஆத்தில்தானே இருக்கிறது?

அவர் ஒன்றை உருவக் கையை நீட்டினார். எனக்கு உயிரே போயிற்று. பிரித்து வைத்துக்கொண்டு ஒரு கேள்வி கேட்டால் இவர் என்ன செய்வார்? ஆனால் அவரே சட்டென்று கையை இழுத்துக்கொண்டார். "நக்கோ நக்கோ, இன்னிக்கு சரஸ்வதி பூஜை, பிரிக்கப்படாது" என்று கன்னத்தில் போட்டுக்கொண்டார். அப்புறம் இவர் தோளைத் தட்டி, "எல்லாரும் சரஸ்வதிக்கு முன்னாடி புஸ்தகத்தை வைப்பா. நீ புஸ்தகத்து மேலேயே அத்தனை சாமியையும் உட்கார வெச்சிருக்கியே! இத்தனை நாளா பர்ச்சேஸ்லே இருந்துண்டு ஒரு வார்த்தை சொல்லலையே வேணு! ஞாயித்துக்கிழமை வரேன், பேசுவோம்" என்று சொல்லிவிட்டு, சுண்டலைக்கூட வாங்கிக்கொள்ள மறந்து போய்விட்டார்.

ஞாயிற்றுக்கிழமை சொன்னபடி வந்தார். பீரோவுக்கு முட்டுக் கொடுத்ததை உருவி, சேனைக்கிழங்கைச் சுரண்டி, எல்லாவற்றையும் ஜன்னலோரம் வரிசையாக வைத்திருந்தேன். பீரோ மட்டும் ஒரு பக்கமாகச் சாய்ந்து எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தது. ஜி.எம். பழைய காலண்டர் தாளின் முதுகில் எழுதினார், எழுதினார், எழுதிக்கொண்டே போனார். முடிவில்லாத ஒரு தொடராம், கூட்டினால் என்ன வரும் என்று நிரூபிக்கிறாராம். இவர் முதல் பத்து நிமிஷம் தலையை ஆட்டினார், அப்புறம் தலை தானாக ஆடியது. தூங்குகிறார் என்று எனக்குத் தெரியும், ஜி.எம்.முக்குத் தெரியாது. பேச்சு நின்றதும் திடுக்கிட்டு விழித்து, வாழ்நாள் முழுக்க டெண்டர்காரர்களிடம் கேட்டு நாக்கில் ஊறிப்போன அதே கேள்வியைக் கேட்டுவிட்டார்: "இதெல்லாம் எந்த நிபந்தனைக்கு உட்பட்டு சார்?"

ஜி.எம். காலண்டர் தாளை மறுபடி மேலிருந்து கீழே பார்த்துக்கொண்டு வந்தார். காபி ஆறி ஆடை கட்டியது. தொலைந்தோம், பரோடாவுக்குக் கூட்ஸ் வண்டியில்தான் அனுப்பப் போகிறார் என்று நான் சமையலறையில் நின்று பிள்ளையாருக்குத் தேங்காய் வேண்டிக்கொண்டேன். திடீரென்று மேஜையில் ஓங்கி ஒரு தட்டு. "ஹவ்! ஹவ்! நிபந்தனையே போடலையே நான்! அதானே ஒரு வாரமா இடிக்கிறது!" என்று எழுந்து இவரைக் கட்டிக்கொண்டார். மறு வாரமே பரோடா மாற்றல் ரத்து. இவருக்குப் பதிலாக அக்கவுண்ட்ஸ் ரகுநாதன் போனார். போகும்போது அவர் எங்கள் ஜன்னலைப் பார்த்த பார்வை சரியில்லை.

அதிலிருந்து ஞாயிறு தவறாமல் ஜி.எம். வருகிறார். இவர் ஒரு மணிக்கு ஒரு தடவை அந்தக் கேள்வியைக் கேட்கிறார், மற்ற நேரம் மௌனம். காலனியில் பேர் பரவி, பிள்ளைகளுக்கு டியூஷன் கேட்டு வாசலில் ஆள் நிற்கிறது. "மாமா இப்போ பத்தாங்கிளாஸ் கணக்கெல்லாம் பாக்கறதில்லை" என்று சொல்லி அனுப்புகிறேன். சாந்தா பழையபடி காலேஜுக்குப் போகிறாள். புத்தகப் பையோடு அவள் பஸ் ஏறுவதைப் பார்க்கும்போதெல்லாம், அண்ணா, எனக்குக் கண்ணில் ஜலம் வந்துவிடுகிறது. பெற்றவர்களால் செய்ய முடியாததை நீ இறக்கிவிட்டுப் போன பெட்டி செய்தது. இந்த நன்றியை நான் மறக்க மாட்டேன். தயவுசெய்து அவள் பரீட்சை முடிகிறவரை புஸ்தகங்களைத் திருப்பிக் கேட்காதே. இன்னும் இருந்தால் அனுப்பு, இடம் பண்ணிக்கொள்கிறேன்.

மன்னிக்கு என் நமஸ்காரம். குழந்தைகளுக்கு எங்கள் ஆசீர்வாதம்; அவர்கள் இதையெல்லாம் படித்துப் பெரியவர்களாகி, கட்டிக்கொண்டவர்களிடம் திட்டு வாங்காமல் நூறு வயசு இருக்கட்டும்.

உன் அன்புத் தங்கை,
திரிபுரசுந்தரி

பி.கு.: கவரை ஒட்டுவதற்குள் இவர் மத்தியானமே ஆபீஸிலிருந்து வந்து, சட்டையைக் கழற்றாமல் ஊஞ்சலில் உட்கார்ந்திருக்கிறார். ஜி.எம்.முக்கு உத்தியோக உயர்வாம். ராஜஸ்தானில், ரயிலடியிலிருந்து மூன்று மணி நேரம் பஸ்ஸில் போனால் வருகிற பாலைவனத்தில் புது ஃபாக்டரி. கூட ஒரே ஒரு ஆபீஸரை அவர் இஷ்டப்படி அழைத்துப் போகலாமாம். யாரென்று நீயே தெரிந்துகொள். "குழந்தைக்குப் பரீட்சை சார்" என்று இவர் சொல்லிப் பார்த்திருக்கிறார். "எங்காத்திலே விட்டுடு, மங்களம் பாலைவனத்துக்கு நக்கோன்னுட்டா, சாந்தாவை அவ பாத்துப்பா" என்றாராம். வேறு வழியில்லாமல் இவர் வாழ்க்கையில் முதல் தடவையாக மேலதிகாரியிடம் உண்மையைச் சொல்லியிருக்கிறார்: "சார், அந்தப் புஸ்தகம் எதுவும் என்னுது இல்லை, அதிலே ஒரு எழுத்துகூட எனக்குப் புரியாது." ஜி.எம். இவர் கையைப் பிடித்துக்கொண்டு கண் கலங்கிச் சொன்னாராம்: "எனக்கும்தான் பாதி புரியலே, வேணு. முப்பது வருஷத்திலே இதை வாயைத் திறந்து ஒத்துண்ட முதல் ஆள் நீதான். உன்னை எப்படி விட்டுட்டுப் போவேன்?"