மாமா கேதத்தில் நான் அழுத லட்சணம்

எனக்குக் கோபம் வந்தால் எதிரில் இருப்பவர்களுக்குச் சிரிப்பு வரும். பெருமைக்காகச் சொல்லவில்லை, வயிற்றெரிச்சலில் சொல்கிறேன். ஆட்டோக்காரரோடு சண்டை போட்டால் அவர் வண்டியை ஓரம் கட்டிவிட்டுச் சிரிக்கிறார். பாங்கில் போய்க் கத்தினால் மேனேஜர் எழுந்து வந்து செல்ஃபி எடுத்துக்கொள்கிறார். கடைவாய்ப் பல் பிடுங்கும்போது வலி தாங்காமல் அலறினேன். டாக்டரம்மா நர்ஸைக் கூப்பிட்டு நிறுத்திவிட்டு, என்னிடம், "மேடம், இவங்க பாக்கல, இன்னொரு தடவ" என்றார். (பல்லைப் பாதியில் விட்டுவிட்டு.)

எல்லாம் அந்த அன்னத்தால் வந்த வினை.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் டிவியில் ஒரு காமெடி ஷோ வருமே, அதில் 'அழுவாச்சி அன்னம்' என்று ஒருத்தி இருந்தாளே, அது நான்தான். ஊரில் எங்கே சாவு விழுந்தாலும் முதல் ஆளாகப் போய், செத்தது யார் என்று தெரியாமலே மாரில் அடித்துக்கொண்டு அழுவாள். நடுவில் நிறுத்தி, "காப்பி போட்டாச்சா?" என்பாள். காப்பி வந்தால் சீனி கம்மி என்று அதற்கும் சேர்த்து அழுவாள். யாராவது முறைத்தால் அவர்களைக் கிழித்துத் தோரணம் கட்டிவிட்டு, விட்ட இடத்திலிருந்து அழுகையைத் தொடருவாள். கண்மை தாடை வரை வழிந்திருக்கும். கொண்டை ஒரு பக்கம் தொங்கும்.

அன்னத்தை எழுதியதும் நான்தான். இதை அழுத்திச் சொல்கிறேன், ஏனென்றால் ஒருத்தரும் நம்புவதில்லை. நான் சென்னைக்குப் போனதே எழுதத்தான். நடிக்க வேண்டிய பெண் ஒருநாள் வரவில்லை. "வசனம் உனக்குத்தான் மனப்பாடமா தெரியும், நீயே நில்லும்மா" என்றார்கள், நின்றேன். அன்றிலிருந்து மூஞ்சி என்னுடையது, எழுத்து 'குழு'வுடையது. ஷோ முடிந்து பெயர்கள் ஓடும்போது 'வசனம்: நகைச்சுவைக் குழு' என்று போடுவார்கள். அந்தக் குழுவில் நானும் நான் குடிக்கும் டீயும்தான் இருந்தோம். என் பெயரைப் போடுங்கள் என்று தயாரிப்பாளரிடம் கேட்டுக் கேட்டு எனக்கு வாய் வலித்ததுதான் மிச்சம். அவர் சிரிப்பார். (கோபமாகக் கேட்டேன் இல்லையா, அதனால்.)

நம்பிய ஒரே ஆள் கூடலூர் ராசாங்கம் மாமா. என் அத்தையின் வீட்டுக்காரர், அதாவது எங்கள் அப்பா கூடப் பிறந்த தங்கச்சியின் புருஷன். குமுளி மலைக்கு மேலே ஏலத்தோட்டத்துக்கு ஆள் ஏற்றிப் போகும் ஜீப் ஓட்டினார். அப்பா போன பிறகு எனக்கு நல்லது கெட்டது எல்லாம் அவர்தான் பார்த்தார். நான் சென்னைக்குக் கிளம்பியபோது வீட்டில் எல்லாரும் குறுக்கே நிற்க, பெட்டியைத் தூக்கி ஜீப்பில் வைத்தவரும் அவர்தான். ஷோ முடிந்த கையோடு ஞாயிறுதோறும் போன் செய்வார்.

"ஏத்தா, சீனி கம்மின்னு அழுகுறாளே, அது ஓன் அத்தையப் பாத்து எழுதுனதுதான?"

"ஆமா மாமா."

"நெனச்சேன். அவகிட்டச் சொல்லிப்புடாத. எனக்குச் சோறு கெடைக்காது."

அந்த மாமா ஒரு வெள்ளிக்கிழமை காலையில் ஜீப்பைத் தெருவில் நிறுத்திவிட்டு, வாசலில் செருப்பைக் கழற்றக் குனிந்தவர், அப்படியே போய்ச் சேர்ந்துவிட்டார்.

அம்மா போன் செய்தபோது நான் அன்னம் வேஷத்தில், பிணமாகப் படுத்திருந்த துணை நடிகரின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தேன். எழுந்து விஷயத்தைச் சொன்னேன். தயாரிப்பாளர் தலையைச் சொறிந்துகொண்டு, "மேடம், இந்த மூடு இருக்கும்போதே ஒரு டேக் போயிடலாமா? இயல்பா வரும்" என்றார். என் வாயில் வந்ததையெல்லாம் அந்த மனுஷனுக்குக் கொடுத்தேன். அவர் அம்மாவையும் விடவில்லை. கேமராமேன் தோள் குலுங்கியது. பிணம் எழுந்து உட்கார்ந்து சிரித்தது.

மூஞ்சியைக் கழுவிக்கொண்டு விமானத்தில் மதுரை வந்து, அங்கிருந்து கார் பிடித்தேன். பழனிசெட்டிபட்டியில் எங்கள் வீட்டு வாசலில் அம்மா கோடிச் சேலையும் மாலையும் வைத்துக்கொண்டு தயாராக நின்றாள். புருஷன் செத்தால் பெண்டாட்டிக்குப் பிறந்த வீட்டிலிருந்து கோடி போக வேண்டும். அத்தைக்குப் பிறந்த வீடு என்றால் இனி நாங்கள் இரண்டு பொம்பளைகள்தான். சின்னமனூர், உத்தமபாளையம், கம்பம் என்று ஊர் ஊராகத் தாண்டியும் நான் ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. அடக்கிக்கொண்டே வந்தேன். எனக்கு வேண்டியிருந்தது ஒன்றே ஒன்று. மாமா காலடியில் உட்கார்ந்து வாய்விட்டு அழ வேண்டும். அதைத் தவிர அந்த ஊரிடமிருந்து எனக்கு எதுவும் வேண்டியிருக்கவில்லை.

கூடலூரில் தெருமுனையில் இறங்கி நிமிர்ந்து பார்த்தேன். எனக்கு முன்னாலேயே பந்தல் முகப்பில் அன்னம் வந்து நின்றுகொண்டிருந்தாள், இருபதடி உயரத்தில்.

மகேசு வேலை. மாமாவின் தம்பி மகன். ஃப்ளெக்ஸ் வைப்பதற்கென்றே பிறந்த பயல். காதுகுத்து என்றால் ஃப்ளெக்ஸ், சடங்கு என்றால் ஃப்ளெக்ஸ், தலைவருக்குக் காய்ச்சல் விட்டால் அதற்கும் ஃப்ளெக்ஸ். இதில் மேலே 'கண்ணீர் அஞ்சலி' என்று கொட்டை எழுத்து. ஒரு மூலையில் மாமா, பாஸ்போர்ட் போட்டோ அளவில். மீதி இடம் முழுக்க நான், கண்மை வழிய, கொண்டை தொங்க, கடைவாய்ப் பல் தெரிய வாயைப் பிளந்துகொண்டு. கீழே 'மாமனை இழந்து கதறும் சின்னத்திரைச் சிரிப்புப் புயல்'.

"ஏலே மகேசு, என்னடா இது?"

"மதினி, நெட்டுல தேடுனேன். எல்லாப் போட்டோலயும் சிரிச்சுக்கிட்டே இருக்கீக. கேதத்துக்கு வந்து சிரிக்கிற போட்டோவப் போட்டா நாலு பேரு என்ன சொல்லுவாக? அழுகுற போட்டோன்னு பாத்தா இது ஒண்ணுதான் கெடச்சுச்சு."

அவன் சொன்னதில் ஒரு பிழை கிடையாது. அதுதான் எனக்குப் பற்றிக்கொண்டு எரிந்தது.

"கழட்டுடா அத."

"கழட்டுனா பந்தலும் சேந்து வந்துரும் மதினி. ரெண்டும் ஒரே கம்புலதான் கட்டியிருக்கு."

அதற்குள் 'பொறந்த வீட்டுக் கோடி வந்துருச்சு' என்று யாரோ சத்தம் கொடுக்க, கொட்டுக்காரர்கள் எங்களை அழைத்துப்போகத் தெருமுனைக்கு வந்துவிட்டார்கள். அம்மா தாம்பாளத்தை என் கையில் கொடுத்தாள். கொடுத்துவிட்டுக் காதோடு சொன்னாள்.

"நீ கொஞ்சம் அழுகாம வா."

"என்னது?"

"நீ அழுதா சனம் சிரிச்சுப்புடும் ஆத்தா. நம்ம வீட்டு மருவாதி. மனசுக்குள்ள அழுதுக்க."

பெற்ற தாய். சாவு வீட்டு வாசலில் வைத்து அழாதே என்கிறாள். கையில் தாம்பாளம் இல்லாமல் இருந்தால் அங்கேயே ஒரு பாரதம் நடந்திருக்கும்.

பந்தலுக்குள் ஐஸ் பெட்டியில் மாமா கிடந்தார். சுற்றிப் பொம்பளைகள். தலைமாட்டில் அத்தை, காலையிலிருந்து ஒரு சொட்டு விடாமல் சுவரைப் பார்த்தபடி உட்கார்ந்திருக்கிறாள் என்றார்கள். தாம்பாளத்தைக் கீழே வைத்துவிட்டு உட்கார்ந்தேன். மேலத்தெருப் பெரியம்மா ஒருத்தி கையை விரித்து என்னைக் கட்டிக்கொண்டாள். மாமா முகத்தைப் பார்த்தேன். மீசையைச் சீவிவிட்டிருந்தார்கள், யாரோ போல இருந்தார். அவ்வளவுதான். மதுரையிலிருந்து அடக்கியது அத்தனையும் கிளம்பி வந்தது.

"என்னயப் பெத்த மாமா..."

வந்தது அன்னத்தின் குரலில். அச்சு அசலாக, அந்தக் கேவலோடு, அந்த இழுவையோடு. ஏனென்றால் எனக்கு இருப்பது ஒரே தொண்டை, ஒரே அழுகை. அதைத்தான் வாராவாரம் விற்றுக்கொண்டிருந்தேன். அன்னத்துக்கென்று தனியாக ஒரு அழுகையைச் செய்து கொடுத்திருக்கலாம். அந்தப் புத்தி எனக்கு இருந்தால் நான் ஏன் குழுவாக இருக்கிறேன்.

என்னைக் கட்டிப் பிடித்திருந்த பெரியம்மாவின் உடம்பு குலுங்கியது. பாவம், அழுகிறாள் என்று முதுகைத் தடவினேன். அவள் சிரித்துக்கொண்டிருந்தாள். பின்வரிசையில் ஒருத்தி மூக்கால் சிரித்தாள். இன்னொருத்தி முந்தானையை வாயில் திணித்துக்கொண்டாள். பெரியம்மா நிமிர்ந்து, என் கன்னத்தைத் தொட்டு, விரலில் தேய்த்துப் பார்த்து, சுற்றி இருந்தவர்களுக்கு அறிவித்தாள்: "நெசக் கண்ணீருதான்டி. கிளிசரின் இல்ல."

"அடுத்து காப்பி கேப்பா பாரு" என்றாள் பின்னாலிருந்து ஒருத்தி.

எழுந்து நின்றேன். "ஏன்டி, சாவு வீட்டுக்கு வந்து பல்லக் காட்டுறீகளே, ஒங்க வீட்டுல எழவு விழுந்தா இப்பிடித்தான் சிரிப்பீகளா? ஏலே, போனக் கீழ வைங்கடா. வெக்கமா இல்ல? செத்தவரு எந்திரிச்சு வந்தா ஒங்க மூஞ்சில காறித் துப்புவாரு." இது நெஞ்சிலிருந்து வந்தது. சத்தியமாக. ஆனால் அன்னமும் இந்த இடத்தில் எழுந்து நின்று இதைத்தான் செய்வாள். சிரிப்பு பந்தலைத் தாண்டித் தெருவுக்குப் போனது. கொட்டுக்காரர்களுக்கு அடி தப்பியது. ஐம்பது போன்கள் என் மூஞ்சிக்கு நேராக இருந்தன.

அப்போதுதான் பக்கத்து வீட்டு அடுப்படியிலிருந்து வந்த ஒரு புண்ணியவதி, நடந்தது எதுவும் தெரியாமல், என் கையில் ஒரு டம்ளரைத் திணித்தாள்.

"தொலவுல இருந்து வந்திருக்காக. இந்தா ஆத்தா, காப்பி."

பந்தலே விழுந்து விழுந்து சிரித்தது. டம்ளரை வீசி எறிந்தேன். அது மகேசின் வெள்ளைச் சட்டையில் போய் விழுந்தது. அதற்கும் சிரித்தார்கள். சரி, அத்தை காலில் விழுந்து மன்னிப்புக் கேட்டுவிட்டு வண்டி ஏறிவிடுவோம் என்று திரும்பினேன். அத்தை முந்தானையால் வாயைப் பொத்தியிருந்தாள். தோள் ஆடியது. கண்ணில் நீர் முட்டிக்கொண்டு நின்றது. சிரிக்கிறாள். புருஷனைப் பக்கத்தில் படுக்க வைத்துக்கொண்டு.

"அத்த, நீயுமா?" என்றேன். ஊர் மேல் வந்ததைவிட அவள் மேல்தான் எனக்கு ஆத்திரம் வந்தது.

அத்தை வாயிலிருந்து முந்தானையை எடுத்தாள். "சீனி கம்மியாடி?" என்றாள்.

தெரிந்திருக்கிறது. இத்தனை வருஷமும் தெரிந்திருக்கிறது. கேட்டவள் என் பதிலுக்குக் காத்திருக்கவில்லை. மாமா பக்கம் திரும்பி, "இந்த மனுசன் சொல்லிச் சொல்லிச் சிரிப்பாரே" என்றாள். அந்தச் சொல்லோடு அவளுக்கு உடைந்தது. அப்படி ஒரு அழுகையை நான் எங்கேயும் கேட்டதில்லை, எழுதவும் முடியாது. சிரித்த வாயெல்லாம் அப்படியே அழ ஆரம்பித்தது. பெரியம்மா அழுதாள், அம்மா வாய்விட்டு அழுதாள், காப்பிச் சட்டையோடு மகேசு தேம்பினான். நான் மட்டும் நடுவில் மரம் மாதிரி நின்றேன். எனக்கு வற்றிவிட்டது. குளிப்பாட்ட நீர்மாலை எடுத்தார்கள், தூக்கினார்கள், கொண்டுபோனார்கள். மாமாவுக்காக ஊரே அழுதது, நான் அழவில்லை.

ராத்திரிக்குள் வீடியோ தமிழ்நாடு முழுக்கப் போய்விட்டது. 'சாவு வீட்டையும் சிரிக்க வைத்த அன்னம்'. தயாரிப்பாளர் போன் செய்தார். துக்கம் விசாரிக்கத்தான் என்று நினைத்து எடுத்தேன்.

"மேடம், வேற லெவல். இதையே அப்படியே ஒரு எபிசோடா எழுதிக் கொடுங்க. இந்த வாட்டி வசனம்னு உங்க பேரையே போட்டுடலாம்."

எத்தனை வருஷமாகக் கேட்டது. மாமாவின் சாம்பல் இன்னும் ஆறவில்லை. நான் திட்டியதை இங்கே அச்சில் போட முடியாது. அவர் சிரித்துக்கொண்டே, "இதையும் சேர்த்துக்கலாம் மேடம்" என்றார். அன்றோடு அன்னத்தை விட்டேன். இப்போது வேறொரு பெண் அன்னமாக அழுகிறாள், உண்மையாகவே ஒரு குழு உட்கார்ந்து எழுதுகிறதாம். நான் வேறு சேனலில் எழுதி நடிக்கிறேன். என் பெயர் வருகிறது. அழுகிற காட்சி மட்டும் நான் எழுதுவதில்லை.

சொந்தக்காரர்கள் விட்டுவிடவில்லை. எந்த விசேஷத்துக்குப் போனாலும் வயசானவர்கள் கையைப் பிடித்துக்கொள்கிறார்கள். "என் கேதத்துக்கு நீ வந்துரு ஆத்தா, கூட்டம் கலையாம இருக்கும்." அத்தை இன்னும் ஒரு படி மேலே. நான் கூடலூர் போகும்போதெல்லாம் மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு கட்டிலில் மல்லாந்து படுத்து, கண்ணை மூடி, கையை நெஞ்சில் கட்டிக்கொள்கிறாள்.

"நான் செத்துட்டேன். எங்க, அழு பாப்போம். பொறந்த வீட்டுல இருந்து ஒருத்தியாச்சும் ஒழுங்கா அழ வேணாமா?"

போன தீபாவளிக்கும் படுத்தாள். அம்மாவும் மகேசும் சுவரோரம் உட்கார்ந்து வேடிக்கை பார்த்தார்கள். அழுது காட்டினேன். "ம்ஹூம். இது டிவி" என்றது பிணம். மறுபடி அழுதேன். "இதுவும் டிவி."

எனக்குப் பொத்துக்கொண்டு வந்துவிட்டது. "என்ன அத்த நெனச்சுக்கிட்டு இருக்க? என் மாமாவுக்கு அழ விட்டீகளா நீங்க? அத்தன பேரும் சேந்து சிரிச்சீகளே. அவரு மொகத்த ஒழுங்காப் பாக்கக்கூட விடலயே. நான் யாருகிட்டப் போயி அழ..." என்று கத்திக்கொண்டே வந்தவளுக்குப் பாதியில் குரல் போய்விட்டது. கட்டில் சட்டத்தில் தலையை வைத்துக்கொண்டேன். இழுவை இல்லை, கேவல் இல்லை. கேட்கவே சகிக்காத ஒரு சத்தம் வந்தது. அதுதான் என் அழுகை போல.

மகேசு போனைத் தூக்கினான்.

"ஏலே, கீழ வைடா அத" என்றாள் அத்தை, கண்ணைத் திறக்காமலே. பிறகு நான் முடிக்கிறவரை அவள் அசையவில்லை. டிவி என்று சொல்லவும் இல்லை.

அதிலிருந்து எங்கள் குடும்பத்தில் இது ஒரு பேச்சாகிவிட்டது. பரீட்சையில் கோட்டை விட்டவன், மாமியாரோடு மல்லுக்கட்டி வந்தவள், யாராவது மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டு வந்தால், "அத்தையக் கொஞ்சம் படுக்கச் சொல்லுங்கப்பா" என்பார்கள். எல்லாரும் சிரிப்பார்கள். அத்தையும் சிரித்துக்கொண்டேதான் போய்ப் படுக்கிறாள்.