தலைவர் போனில் வராத ரன்

ஹூஸ்டன் நகரை ஒட்டிய கேட்டி வட்டாரத் தமிழ் மன்றத்தின் சாசனம் நாற்பத்தொரு பக்கம் கொண்டது. குத்துவிளக்கின் எந்தத் திரியை யார் ஏற்றுவது, பொன்னாடையை எந்தப் பக்கமிருந்து போர்த்துவது, சாம்பார் தீர்ந்துவிட்டால் மேடையேறி வருத்தம் தெரிவிக்க வேண்டியவர் யார் என்பதெல்லாம் அதில் விவரமாக உண்டு. பேஸ்பால் பற்றி மட்டும் ஒரு வரி கிடையாது. இந்த மாபெரும் குறை 2005ஆம் வருஷம் செப்டம்பர் மாதம்தான் எங்கள் கவனத்துக்கு வந்தது. அப்போது நான் மன்றத்தின் துணைச் செயலாளர்.

அந்த வருஷம் ஹூஸ்டன் டீம் நன்றாக ஆடித் தொலைத்தது. மேட்ச் நடக்கும்போதே ரேடியோ வர்ணனையை மொபைல் போனில் கேட்கிற வசதியும் அதே வருஷம்தான் எங்கள் ஆட்களிடம் ஜுரம் மாதிரி பரவியது. கல்யாணம், காதுகுத்து, சத்சங்கம் எதுவானாலும் ஒரு காதில் இயர்போன் தொங்கியது. தொங்காதவரைப் பார்த்தால், "பாவம், இவருக்கு இன்னும் ப்ரமோஷன் வரல போல" என்று பேசிக்கொண்டார்கள்.

பேஸ்பால் யாருக்காவது புரிந்ததா என்று கேட்கக் கூடாது. புரிவதற்காக யார் கேட்டார்கள்? திங்கட்கிழமை காலையில் காபி மெஷின் பக்கத்தில் மேனேஜர் நின்றுகொண்டு "மேட்ச் கேட்டாயா?" என்பார். "பிட்சிங் இன்னும் கொஞ்சம் நல்லா இருந்திருக்கலாம்" என்று பதில் சொல்ல வேண்டும். ஜெயித்தாலும் பொருந்தும், தோற்றாலும் பொருந்தும். கேட்டி முதல் பேர்லேண்ட் வரை நம்மவர்கள் அத்தனை பேரும் இந்த ஒரே வாக்கியத்தை வைத்துக்கொண்டுதான் பிழைப்பு நடத்தினார்கள்.

அவர்களில் ஹாஜா நஜ்முதீன் கொஞ்சம் அதிகமாகவே பிழைப்பு நடத்தினார். எங்கள் செயற்குழுவில் ஒருவர். எண்ணெய்க் கம்பெனி ஒன்றில் சாஃப்ட்வேர் வேலை. விசாவில் ஆறாவது வருஷம், அதாவது கடைசி வருஷம், நெருங்கிக்கொண்டிருந்தது. கிரீன் கார்டு பேப்பரில் மேனேஜர் கர்ட்டிஸ் ஒரு கையெழுத்துப் போட வேண்டும். போடாவிட்டால் மனைவி லத்தீஃபா, மகள் ரிதா, பாதி கடன் அடைத்த வேன், எல்லாவற்றையும் மூட்டை கட்டிக்கொண்டு ஊருக்குக் கிளம்ப வேண்டியதுதான். பேப்பர் கர்ட்டிஸின் மேஜையில் மூன்று வாரமாகக் கிடந்தது. அவர் பேஸ்பால் பைத்தியம். "சீசன் முடியட்டும்" என்று சொல்லிவிட்டார்.

செப்டம்பரில் மன்றத்தின் மூத்த உறுப்பினர் கோபாலசாமி காலமானதற்கு ஒரு நிமிஷ மௌன அஞ்சலி நடந்தது. எல்லோரும் தலைகுனிந்து நின்றோம். பதினைந்தாவது செகண்டில் வலது மூலையில் கைதட்டல். முப்பதாவது செகண்டில் நடு வரிசையில். நாற்பத்தைந்தாவதில் சமையல் பக்கத்திலிருந்து விசில். ஹூஸ்டனில் யாரோ ஒருவர் ஒரே ஒரு ஹோம் ரன்தான் அடித்திருந்தார். ஆனால் ஒவ்வொரு போனிலும் அது ஒவ்வொரு நேரத்துக்கு வந்து சேர்ந்தது. கோபாலசாமியின் மனைவி, "அவரை இத்தனை பேருக்குப் பிடிக்கும்னு எனக்குத் தெரியாது" என்று கண் கலங்கினார்.

உடனே செயற்குழு கூடியது. செயலாளர் கிட்டுசாமி சாசனத்தை மடியிலேயே வைத்துக்கொண்டு சாப்பிடுகிறவர். கலைப்பிரிவைப் பார்த்துக்கொண்ட ஷ்யாமளா முதலில் கை தூக்கினார்.

"ஃபங்ஷன்ல போனை ஆஃப் பண்ணச் சொன்னா போதாதா?"

"அது ரொம்ப சிம்பிளா இருக்கே மேடம்" என்றார் கிட்டுசாமி. "சிம்பிளா இருக்கிறதை எப்படி செயற்குழுல வெச்சு பாஸ் பண்றது?"

"பிரச்சினை மேட்ச் கேக்கிறதில்லை" என்றார் தலைவர் வரதராஜா. யாழ்ப்பாணத்துக்காரர், ஓய்வு பெற்ற டாக்டர், நல்ல மனுஷர், மைக்கைக் கையில் கொடுக்காதவரை. "ஆளாளுக்கு ஒவ்வொரு நேரம் கைதட்டுறதுதான் பிரச்சினை. ஒரு பொது நேரம் வேணும்."

"யார் போனோட நேரம் அங்கிள்?" என்றேன்.

"என்ர போனையே வைச்சுக்கொள்ளுங்கோவன். எனக்கு ஒரு கஷ்டமும் இல்லை."

தலைவரின் போன் அவருடைய மகன் ஷாந்தன் கழித்துக் கட்டியது. கேட்டியிலேயே தாமதமான போன் அதுதான். இருந்தாலும் பதவிக்கு ஒரு மரியாதை உண்டல்லவா? தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது. வழிமொழிந்தது நான்தான், மறைக்க விரும்பவில்லை.

"மன்றத்தின் நிகழ்ச்சிகளில், தலைவரின் கைபேசியில் ஒலித்து, தலைவரின் செவியில் விழுந்து, தலைவர் பச்சை அட்டையை உயர்த்தும்வரை, எந்த ரன்னும் எடுக்கப்பட்டதாகக் கருதப்படமாட்டாது. துக்கத்துக்குச் சிவப்பு அட்டை. அட்டைக்கு முன் மகிழ்வதும் வருந்துவதும் ஒழுங்கீனம்."

அக்டோபரில் ஒரு சனிக்கிழமை மாலை தீபாவளி–ரமலான் ஒருமைப்பாட்டு விழா. பள்ளிக்கூட ஆடிட்டோரியத்தை எடுத்திருந்தோம். தலைமை விருந்தினர் கர்ட்டிஸ். ஹாஜா ஆகஸ்ட் மாதமே அழைத்து வாங்கிய சம்மதம் அது. அதே மாலை வெளியூரில் ஹூஸ்டனுக்கு உயிர் போகிற மேட்ச். கர்ட்டிஸ் வாக்குத் தவறாத டெக்சாஸ்காரர், வந்துவிட்டார். காதில் இயர்போனோடு, முகத்தில் ஈ ஆடாமல் முன் வரிசையில் உட்கார்ந்தார்.

"ஹாஜா பாய், கையெழுத்து?" என்று காதைக் கடித்தேன்.

"இன்னிக்கு அவர் மூடு நல்லா இருந்தா திங்கட்கிழமை போட்டுடுவாரு. நீங்க துஆ பண்ணுங்க, அது போதும். வேற எதுவும் பண்ணாதீங்க."

ஆறே முக்காலுக்கு நோன்பு திறக்கிற நேரம். லத்தீஃபா பேரீச்சம்பழத் தட்டோடு வர, கிட்டுசாமி குறுக்கே பாய்ந்தார்.

"ஒரு நிமிஷம். தலைவர் போன்ல இன்னும் ஆறு நாப்பத்து நாலுதான்."

"அண்ணே" என்றார் லத்தீஃபா, "சூரியன் உங்க மன்றத்துல மெம்பர் இல்ல. கொஞ்சம் தள்ளுங்க."

அன்றைக்கு மன்றத்தில் நடந்த ஒரே உருப்படியான காரியம் அதுதான்.

பிறகு மேட்ச் தொடங்கியது. மேடை ஓரத்தில் கரும்பலகை. தலைவர் கையில் அட்டைகள். வர்ணனையாளர் குரல் உயர்த்திப் பந்து கூட்டத்துக்குள் பறந்துவிட்டதாகச் சொன்னார். தலைவர் பச்சை அட்டையைத் தூக்க, முந்நூறு பேர் முன்னே பின்னேயாகக் கைதட்டினார்கள். கிட்டுசாமி பலகையில் "ஹூஸ்டன் 6" என்று எழுதினார். பந்து எல்லைக்கு வெளியே போனால் ஆறு என்பது தலைவர் யாழ்ப்பாணத்தில் ஸ்கூல் டீமுக்குக் கிரிக்கெட் ஆடிய காலத்திலேயே முடிவான விஷயம்.

பத்து வயது ரிதா அப்பாவின் சட்டையை இழுத்தாள். "டாட், தட்ஸ் எ ஃபவுல் பால். இட் டஸன்ட் கவுன்ட்."

"பச்சை தூக்கியாச்சும்மா" என்றார் கிட்டுசாமி கனிவோடு. "தூக்கின அட்டையை இறக்க சாசனத்துல வழி இல்ல."

அடுத்த இரண்டு மணி நேரத்தில் இன்னும் இரண்டு ஃபவுல், அவற்றுக்கும் ஆறாறு. உண்மையாகவே எடுத்த ரன் ஒன்று. பலகையில் ஹூஸ்டன் 19 என்று இருந்தது. கர்ட்டிஸ் அதைப் பார்ப்பதும், தன் போனைப் பார்ப்பதும், ஹாஜாவைப் பார்ப்பதுமாக இருந்தார். ஹாஜா வேறு வழி தெரியாமல், "பிட்சிங் இன்னும் கொஞ்சம் நல்லா இருந்திருக்கலாம்" என்றார்.

அப்போதுதான் தலைவரைப் பேச அழைத்தார்கள். இயர்போனைக் கழற்றி, போனைக் கோட்டுப் பைக்குள் போட்டுக்கொண்டு, "ரெண்டே ரெண்டு வார்த்தை கதைக்கிறன்" என்று ஆரம்பித்தார். அந்த இரண்டு வார்த்தையையும் தேடுவதற்கே அவருக்கு ஐம்பது நிமிஷம் ஆனது.

பத்தாவது நிமிஷத்தில் கர்ட்டிஸ் துள்ளி எழுந்து கூவினார். ஹூஸ்டன் நிஜமாகவே ஒரு ஹோம் ரன் அடித்திருந்தது. பச்சை பேட்ஜ் குத்திய தொண்டர் நஞ்சுண்டன் ஓடிவந்து அவர் தோளைத் தொட்டார். அங்கே நடந்த ஆங்கிலப் பேச்சைத் தமிழில் தருகிறேன்.

"சார், தயவுசெய்து உட்காருங்க. அது இன்னும் நடக்கலை."

"எது நடக்கலை?"

"ஹோம் ரன்."

"நான் என் காதால் கேட்டேன்."

"உங்க காது கெஸ்ட் சார். தலைவர் காதுலதான் நடக்கணும்."

கர்ட்டிஸ் மேடையைப் பார்த்தார். "அவர் பேசிக்கொண்டல்லவா இருக்கிறார்?"

"ஆமாம் சார். அதுவரைக்கும் மேட்ச் நிக்கும்."

ஹாஜாவின் முகத்தைப் பார்க்க எனக்குப் பயமாக இருந்தது. ஆறு வருஷ உழைப்பு ஒரு பச்சை பேட்ஜின் கையில் சிக்கிக்கொண்டு நின்றது. கர்ட்டிஸ் உட்கார்ந்தார். அதற்குப் பிறகு எதிர் டீம் வரிசையாக ரன் எடுத்தது. கடைசியில் ஹூஸ்டன் தோற்றது. அவர் இயர்போனைக் கழற்றி மடியில் போட்டுவிட்டுக் கூரையைப் பார்த்தார். மேடையில் தலைவர் அப்போதுதான் "முடிவாக" என்ற வார்த்தையை மூன்றாவது முறையாகச் சொன்னார்.

பேச்சை முடித்துத் தலைவர் போனை எடுத்துக் காதில் வைத்தார். சத்தம் இல்லை. தட்டினார். உதறினார். பைக்குள் கிடந்தபடி ஐம்பது நிமிஷம் யாருக்கும் கேட்காமல் பேசிப் பேசி அதன் சார்ஜ் தீர்ந்துபோயிருந்தது.

கிட்டுசாமி மைக்கைப் பிடித்தார். "எதிர்பாராத தொழில்நுட்பக் காரணத்தால் மேட்ச் இந்தக் கட்டத்தில் நிற்கிறது. ஹூஸ்டன் பத்தொன்பது. எதிரணி பூஜ்யம். நன்றி, உணவு தயார்."

நஞ்சுண்டன் கர்ட்டிஸின் பக்கத்தில் குனிந்தார். "கவலைப்படாதீங்க சார். நம்ம ரெக்கார்டுல நாம இன்னும் தோக்கலை."

கர்ட்டிஸ் அவரை முறைத்தார். பலகையை முறைத்தார். பிறகு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கத் தொடங்கினார். கண்ணில் தண்ணீர் வருமளவு சிரித்து, லத்தீஃபா கொடுத்த நோன்புக் கஞ்சியை இரண்டு கிண்ணம் குடித்துவிட்டு, ஹூஸ்டன் மாநகரத்திலேயே மேட்ச் தோற்காத ஒரே கட்டடம் இதுதான் என்று சொல்லிவிட்டுப் போனார்.

திங்கட்கிழமை காலை கையெழுத்து விழுந்தது. ஹாஜா உடனே எனக்குப் போன் பண்ணிச் சொன்னார். ஆனால் பேனாவை மூடிக்கொண்டே கர்ட்டிஸ் ஒரு கேள்வி கேட்டிருக்கிறார். கார்டு எப்போது வரும்?

ஹாஜா விளக்கினார். மாதா மாதம் அரசாங்கம் ஒரு தேதிப் பட்டியல் போடும். அந்தத் தேதிக்குள் மனு போட்டவர்களுக்குத்தான் கார்டு. இந்த மாதம் இந்தியாவில் பிறந்த எங்கள் வகைக்காரர்களுக்கு 1998 ஜனவரி என்று போட்டிருக்கிறார்கள்.

"இப்போது 2005" என்றார் கர்ட்டிஸ்.

"இங்கே 2005 சார். அவங்க பட்டியல்ல இன்னும் 1998."

கர்ட்டிஸ் பேனாவைச் சட்டைப் பைக்குள் செருகிக்கொண்டு, "அவர்களுடைய தலைவர் இன்னும் பேசி முடிக்கவில்லையா?" என்றாராம்.

நவம்பரில் செயற்குழு மறுபடி கூடியது. ஷ்யாமளா எழுந்தார். "ஊருக்கே தெரியும், நாம தோத்துட்டோம். அந்தக் கூத்துத் தீர்மானத்தை ரத்து பண்ணி, தோத்ததை மினிட்ஸ்ல எழுதிடலாம்."

எங்களுக்கும் வெட்கமாகத்தான் இருந்தது. பாதிப் பேர் தலையாட்டினோம். கிட்டுசாமி மட்டும் அசையவில்லை.

"ஒரே ஒரு டவுட். இங்க இருக்கிறவங்கள்ல கிரீன் கார்டுக்கு வெயிட் பண்றவங்க கை தூக்குங்க."

சிட்டிசனான தலைவரையும் ஷ்யாமளாவையும் தவிர ஒன்பது கைகள் எழுந்தன. ஹாஜாவின் கையும் என் கையும் அதில் உண்டு.

"நமக்கு இப்ப என்ன வருஷம்?"

ஒன்பது கைகளும் மெதுவாக இறங்கின.

"அரசாங்கமே 1998னு சொல்லுது. இந்த மேட்ச் 2005ல நடந்தது. அதாவது, இன்னும் ஏழு வருஷம் கழிச்சு நடக்கப்போறது. நடக்காத மேட்ச்ல தோத்தோம்னு நான் எப்படி எழுதறது? நாளைக்கு யாராவது கேட்டா யார் பதில் சொல்றது?"

ஷ்யாமளா தலையில் கைவைத்துக்கொண்டு உட்கார்ந்தார். ஹாஜா மெதுவாக எழுந்து, "நான் வழிமொழியிறேன்" என்றார். அவர் சிரிக்கவில்லை. வேறு யாரும் சிரிக்கவில்லை.

மினிட்ஸில் இப்படிப் பதிவாகியிருக்கிறது: "ஆட்டம் இன்னும் தொடங்கவில்லை. ஹூஸ்டன் டீமுக்கும் உறுப்பினர் ஹாஜா நஜ்முதீனுக்கும் வாய்ப்பு மிகவும் பிரகாசமாக உள்ளது."

தலைவர் பச்சை அட்டையைத் தூக்கினார். ஒன்பது பேரும் கைதட்டினோம். மன்றத்தின் சரித்திரத்தில் முதல் தடவையாக, எல்லோரும் ஒரே நேரத்தில்.